மௌத்தும் சபுரும்: பேராக் மாநில வழக்கு

மலேசியாவின் பேராக் மாநிலத்துத் தமிழ் முஸ்லிம் வீடுகளில் மௌத்துச் (மரணச்) செய்தி வந்ததும் முதலில் வாயில் வருவது 'இன்னா லில்லாஹி'. எல்லோரும் இறைவனுக்குரியவர்கள், அவனிடமே மீள்பவர்கள் என்னும் ஒப்புதல் அது. குர்ஆனின் 2ஆம் அத்தியாயம் 156ஆம் வசனம் இதைச் சபுர் என்னும் பொறுமை உடையோரின் சொல்லாகக் காட்டுகிறது. அழக்கூடாது என்று இதற்குப் பொருள் கொள்வது பெரும் பிழை. மகன் இப்ராஹீம் குழந்தைப் பருவத்தில் இறந்தபோது நபிகள் நாயகமே கண்ணீர் சிந்தினார்கள். மாரடித்துப் புலம்புவதைத்தான் மார்க்கம் விலக்கியது. ரப்பர்த் தோட்ட லயங்களில் இந்துக் குடும்பங்களின் சாவு வீட்டில் பறையும் ஒப்பாரியும் எழும். முஸ்லிம் வீட்டில் துக்கம் குர்ஆனின் யாசீன் அத்தியாயத்தை ஓதும் குரலாக வெளிப்படும்.

இம்மாநிலத்தின் இரு பெரும் பள்ளிவாசல்கள் மரணத்தோடு பிணைந்தவை. ஈப்போவில் கிந்தா ஆற்றங்கரைப் பள்ளிவாசலை, காலமான தம் மனைவியின் நினைவாக 1898இல் எழுப்பியவர் பங்லிமா கிந்தா பட்டம் தாங்கிய முகம்மது யூசுப். கோலகங்சார் உபுடியா பள்ளிவாசல், நோய் நீங்க வேண்டி பேராக் சுல்தான் இத்ரிஸ் செய்துகொண்ட நேர்த்தி. 1913இல் அடிக்கல் நாட்டப்பட்டது. 1916 ஜனவரியில் அவர் மறைந்தார். கட்டடம் முடிந்தது 1917இல். மறைந்த சுல்தான்களுக்குத் தனிப் பெயர் சூட்டும் பேராக் மரபின்படி அவர் 'மர்ஹூம் ரஹ்மத்துல்லாஹ்' ஆனார்.

ஈப்போ திடலருகே வணிகர் ஷேக் ஆதம் 1908இல் கட்டிய பள்ளிவாசல் தமிழ் முஸ்லிம்களுக்கானது. அவர்களில் தமிழகக் கரையோர மரைக்காயர், லெப்பையர் பலரும் ஷாபி மத்ஹப் என்னும் சட்ட வழியினர். மலாய்க்காரர்களும் அதே வழியினர். ஆகவே மையித்தை (இறந்தவர் உடலை) குளிப்பாட்டுவதிலும் கபன் துணி சுற்றுவதிலும் இரு சமூகத்தாரும் தயக்கமின்றிக் கைகோக்க முடிந்தது. ஆணுக்கு மூன்று துணி, பெண்ணுக்கு ஐந்து. ஜனாஸா என்னும் இறுதித் தொழுகையில் குனிதலும் இல்லை, சிரம் பணிதலும் இல்லை. நின்றபடியே நான்கு தக்பீர் (அல்லாஹு அக்பர்). அடக்கம் முடிந்ததும் கபுறருகே (கல்லறையருகே) இறந்தவருக்கான தல்கீன் ஓதுவார்கள்.

ஷாபி வழியில் கண்காணாத மையித்துக்கும் தொழலாம். இதை 'காயிப் ஜனாஸா' என்பார்கள். கடல் கடந்து பிழைக்க வந்தவர்களுக்கு இதைவிடப் பெரிய ஆறுதல் எது? ஊரில் தாய் மௌத்தானதாகக் கடிதம் வந்து சேரும்போது அடக்கம் முடிந்து நாளாகியிருக்கும். 1942 முதல் 1945 வரையான ஜப்பானியர் ஆட்சியில் மலாயாத் தோட்டங்களிலிருந்து சயாம் மரண ரயில்பாதைக்குக் கொண்டுசெல்லப்பட்ட தமிழர்களில் ஏராளமானோர் திரும்பவில்லை. உடலும் கிடைக்காமல் கபுறும் தெரியாமல் பரிதவித்தவர்களின் துயரத்தை எண்ணினால்தான் இந்த அனுமதியின் அருமை புரியும்.

இறந்தவருக்காகக் கத்தம், தஹ்லீல் ஓதி விருந்திடுவதில் கருத்து வேறுபாடு உண்டு. இருபதாம் நூற்றாண்டுத் தொடக்கத்திலிருந்தே மலாயாவின் சீர்திருத்தவாதிகள், துக்க வீட்டார் சமைத்துப் போடுவதைக் கண்டித்தார்கள். மறைந்த நபித்தோழர் ஜஅஃபரின் வீட்டுக்கு உணவு அனுப்பச் சொன்ன நபிவழி அவர்களின் சான்று. நியாயமான கண்டனம்தான், ஏழைக் குடும்பத்தை விருந்துச் செலவு கடனில் தள்ளிவிடும். கணவனை இழந்தவளின் நான்கு மாதம் பத்து நாள் இத்தா என்னும் காத்திருப்பில் இரு தரப்புக்கும் வேறுபாடில்லை.

தோட்டங்கள் துண்டாடப்பட்டு, ரப்பர் போய் செம்பனை வந்தபின் குடும்பங்கள் பட்டணங்களுக்குப் பெயர்ந்தன. அங்கே பள்ளிவாசல்களின் மரண சகாய நிதி அடக்கச் செலவைத் தாங்குகிறது. மலாய் மொழியில் அதற்கு 'கைராட் கெமாத்தியான்' என்று பெயர். 2020இல் கோவிட் பரவியபோது குளிப்பாட்ட இயலாத மையித்துகளுக்கு உடலுறையின் மீதே தயம்மும் (மண்ணால் தூய்மை) செய்தார்கள். அடக்கத்துக்கு வர முடியாத உறவினர்கள் கைப்பேசி வழியே ஒன்றுகூடி யாசீன் ஓதினார்கள்.