டானியல் ஓகானலும் நாற்பது ஷில்லிங் குடியானவரும்

அயர்லாந்து மக்கள் டானியல் ஓகானலை 'விடுவித்தவர்' என்னும் பட்டப் பெயரால் வழங்குவர். டப்ளின் மாநகரின் முதன்மையான வீதி இன்றும் அவர் பெயரையே தாங்கி நிற்கிறது. கத்தோலிக்கர் பிரிட்டிஷ் பாராளுமன்றத்தில் அமர்வதற்கு இருந்த தடையை 1829ஆம் ஆண்டில் நீக்கச் செய்தவர் அவரே என்பது சரித்திர நூல்கள் யாவும் ஒப்பும் செய்தி. ஆயின் அவருக்குத் தோள் கொடுத்து நின்ற ஏழைக் குடியானவர்கள், வெற்றி கிட்டிய அதே நாளில் தங்கள் வாக்குரிமையை இழந்தனர் என்பதைப் பல நூல்கள் ஒரு வரியில் சொல்லிக் கடந்துவிடுகின்றன. அவ்வொரு வரியைச் சற்று விரித்துக் காண்பது தகும்.

அயர்லாந்து மக்களுள் ஏறத்தாழ நான்கில் மூன்று பங்கினர் கத்தோலிக்கர். ஆட்சியும் நிலமும் புராட்டஸ்டண்டு சமயத்தவரான சிறுபான்மையோர் கையில் இருந்தன. 1691இல் லிமரிக் நகரில் செய்யப்பட்ட உடன்படிக்கை, தோற்றுப்போன கத்தோலிக்கருக்கு ஓரளவு சமயப் பாதுகாப்பு அளிப்பதாகக் கூறிற்று. நான்கே ஆண்டுகளில் அவ்வாக்கு காற்றில் பறந்தது. 1695 முதல் ஒன்றன்பின் ஒன்றாகத் தண்டனைச் சட்டங்கள் பிறந்தன. கத்தோலிக்கன் ஆயுதம் வைத்திருக்கலாகாது. ஐந்து பவுனுக்கு மேல் விலைபெறும் குதிரை வைத்திருத்தலும் ஆகாது. புராட்டஸ்டண்டு ஒருவர் ஐந்து பவுனை நீட்டினால், குதிரையை அவிழ்த்துக் கொடுத்துவிட வேண்டும். 1704ஆம் ஆண்டுச் சட்டப்படி கத்தோலிக்கனுடைய நிலம் அவன் இறந்தபின் பிள்ளைகள் எல்லாருக்கும் துண்டாடப்பட வேண்டும். மூத்த மகன் மதம் மாறினாலோ முழுவதும் அவனுக்கே. தந்தைக்கும் மகனுக்கும் இடையே சட்டமே பகையை விதைத்தது என்றால் மிகையன்று. 1728இல் எஞ்சியிருந்த வாக்குரிமையும் பறிபோயிற்று.

ஆசிரியப் பணியில் இருப்போர் ஒன்றைச் சிறப்பாக நோக்க வேண்டும். 1695ஆம் ஆண்டுச் சட்டம் கத்தோலிக்கர் பள்ளி நடத்துவதையும், கல்விக்காகப் பிள்ளைகளை வெளிநாடு அனுப்புவதையும் ஒருங்கே தடுத்தது. மக்கள் கல்வியைக் கைவிட்டனரா? இல்லை. வேலியோரத்திலும், மாட்டுக் கொட்டிலிலும், புல்வேய்ந்த குடிசையிலும் ஆசிரியர்கள் மறைவாகப் பாடம் சொன்னார்கள். அவை 'வேலிப் பள்ளிகள்' என்றே பெயர் பெற்றன. சில பென்னிகளும், அடுப்பெரிக்கும் கரிமண் கட்டிகளும், கொஞ்சம் வெண்ணெயும் ஆசிரியரின் சம்பளம். 1782இல் தடை தளர்ந்த பின்னரும் இப்பள்ளிகள் மறையவில்லை. 1824இல் அரசாங்க விசாரணைக் குழுவினர் கணக்கெடுத்தபோது, பெற்றோர் கொடுத்த காசினாலேயே நடந்த இத்தகைய பள்ளிகள் ஏறத்தாழ 9,000 இருந்தன. எழுதப் படிக்கத் தெரிந்த ஒருவர் செய்தித்தாளை உரக்கப் படிக்க, ஊரார் கூடியிருந்து கேட்கும் வழக்கம் அயர்லாந்துக் கிராமங்களில் வேரூன்றியதற்கு இப்பள்ளிகள் பெரிதும் காரணமாயின. பின்னர் எழுந்த கிளர்ச்சிக்கு நிலம் இங்குதான் பண்படுத்தப்பட்டது எனலாம்.

1793இல் பிரான்சு நாட்டோடு போர் மூண்டது. ஐரிஷ் மக்களின் மனத்தைக் குளிரச் செய்ய வேண்டிய தேவை அரசாங்கத்துக்கு நேர்ந்தது. கத்தோலிக்கருக்கு வாக்குரிமை திரும்பக் கிடைத்தது. பாராளுமன்றத்தில் அமரும் உரிமை மட்டும் கிடைக்கவில்லை. இவ்வாக்குரிமை பெற்றவர்களே 'நாற்பது ஷில்லிங் குடியானவர்' எனப்பட்டோர். ஆயுட்காலக் குத்தகையில் நிலம் வைத்து, குத்தகைப் பணம் போக ஆண்டுக்கு நாற்பது ஷில்லிங், அதாவது இரண்டு பவுன், மிஞ்சக்கூடிய நிலம் உடையவர் இவர். நிலச்சுவான்தார்களுக்கு இது பெரிய வாய்ப்பாயிற்று. குடியானவர் பெருகினால் வாக்குகள் பெருகும். வாக்குகள் பெருகினால் செல்வாக்குப் பெருகும். ஆகவே நிலத்தைச் சிறு சிறு துண்டாக்கிக் குடியானவர்களைப் பெருக்கினார்கள். தேர்தல் நாளில் அவர்களை மந்தைபோல் ஓட்டிச் சென்று வாக்களிக்கச் செய்தார்கள். இரகசிய வாக்கு அக்காலத்தில் இல்லை. யாருக்கு வாக்கு என்பதை எல்லார் முன்னிலையிலும் வாய்விட்டுச் சொல்ல வேண்டும். நிலச்சுவான்தாரின் காரியஸ்தர் பக்கத்திலேயே நிற்பார்.

1801இல் அயர்லாந்தின் தனிப் பாராளுமன்றம் ஒழிக்கப்பட்டு, நாடு பிரிட்டனோடு இணைக்கப்பட்டது. இணைப்புக்குப் பின் கத்தோலிக்கருக்கு முழு உரிமை வரும் என்ற நம்பிக்கையைப் பிரதமர் பிட் ஊட்டியிருந்தார். மூன்றாம் ஜார்ஜ் மன்னர், தாம் முடிசூடும்போது செய்த சத்தியத்துக்கு அது மாறானது என்று மறுத்துவிட்டார். பிட் பதவி விலகினார். உரிமை வரவில்லை.

இணைப்பை எதிர்த்து 1800இல் டப்ளினில் முதன்முதலாக மேடையேறிய இளம் வழக்கறிஞரே டானியல் ஓகானல். 1775இல் கெரி மாவட்டத்தில் பிறந்தவர். சுங்கம் செலுத்தாமல் கடல் வழியே சரக்குக் கடத்திச் செல்வம் சேர்த்த பெரியப்பா ஒருவர் அவரைப் படிக்க வைத்தார். அவர் பிரான்சில் பயின்றபோது அங்கே புரட்சி நடந்துகொண்டிருந்தது. பதினாறாம் லூயி மன்னரின் தலை வீழ்ந்த 1793 ஜனவரியில் அந்நாட்டை விட்டு வெளியேறினார். இரத்தம் சிந்திப் பெறும் எந்த விடுதலையிலும் அவருக்கு நம்பிக்கை பிறக்காமற் போனதற்கு அவ்வனுபவமும் ஒரு காரணம். ஆயினும் 1815இல் நடந்த துப்பாக்கிச் சண்டை ஒன்றில் தம் எதிரியைக் கொன்ற பழி அவருக்கு உண்டு. அதற்காக அவர் வாழ்நாள் முழுவதும் வருந்தினார். இறந்தவரின் மகளுக்கு ஆண்டுதோறும் பணம் அளித்து வந்தார்.

1823இல் அவரும் ஷீல் என்பாரும் முன்னின்று கத்தோலிக்கச் சங்கத்தைத் தொடங்கினர். ஆண்டுச் சந்தா ஒரு கினி, அதாவது இருபத்தொரு ஷில்லிங். இத்தொகையைக் கொடுக்கவல்லோர் வழக்கறிஞரும் வணிகரும் நிலக்காரருமே. தொடக்கத்தில் கூட்டம் நடத்தப் போதிய ஆள் சேர்ப்பதே பெரும்பாடாயிற்று. மறு ஆண்டு ஓகானல் ஒரு வழி கண்டார். மாதம் ஒரு பென்னி கொடுக்கும் எவரும் சங்கத்தின் துணை உறுப்பினராகலாம் என்றார். நிலக்காரனுக்குக் கட்டும் பணத்தின் பெயரையே இதற்கும் இட்டு, 'கத்தோலிக்கக் குத்தகை' என்று மக்கள் வழங்கினர். ஞாயிறுதோறும் கோவில் வாசலில் பணம் திரட்டப்பட்டது. குருமார் துணை நின்றனர். திரண்ட பணத்தினும் பெரியது, கொடுத்தவன் பெற்ற உணர்ச்சி. மாதந்தோறும் ஒரு பென்னி கொடுத்தவன் அச்சங்கத்தைத் தன்னுடையது என்று எண்ணினான். அது என்ன செய்தது என்று கேட்டான். செய்தித்தாள் படிக்கக் கேட்டான். 1825இல் அரசாங்கம் சட்டத்தால் சங்கத்தைக் கலைத்தபோது, சட்டத்துக்கு உட்படாத வேறொரு வடிவில் ஓகானல் அதை உடனே எழுப்பினார். இத்தகைய நுட்பத்தில் அவருக்கு நிகர் எவரும் இலர்.

ஆனால் அதே 1825இல் அவர் செய்த ஒரு காரியம் பின்னால் அவரைத் துரத்திற்று. கத்தோலிக்க உரிமை மசோதா ஒன்று இலண்டனில் விவாதத்துக்கு வந்தது. அதனோடு இணைந்த நிபந்தனைகளுள் ஒன்று, நாற்பது ஷில்லிங் குடியானவரின் வாக்குரிமையை ஒழிப்பது. ஓகானல் அதற்கு இசைந்தார். நிலச்சுவான்தாரின் சொற்படி ஆடும் அவ்வாக்குகள் போனாலென்ன என்பதே அவர் எண்ணம். மசோதா பிரபுக்கள் சபையில் தோற்றது. நண்பர்களே அவர்மேல் சினந்தனர்.

குடியானவர்கள் தங்கள் விடையை அடுத்த ஆண்டே அளித்தார்கள். 1826 பொதுத் தேர்தலில் வாட்டர்போர்டு தொகுதியில், பல தலைமுறையாக அப்பகுதியை ஆண்டுவந்த பெரெஸ்போர்டு குடும்பத்து வேட்பாளரை அவர்கள் தோற்கடித்தார்கள். நிலத்தைவிட்டுத் துரத்தப்படுவோம் என்று அறிந்தே வாக்களித்தார்கள். அவ்வாறு துன்புற்றோருக்கு உதவப் புதிதாகப் பென்னி நிதி திரட்டப்பட்டது. ஓகானல் தம் கருத்தை மாற்றிக்கொண்டார். குடியானவரின் வாக்கை விலையாகக் கொடுத்து எந்த உரிமையையும் பெறமாட்டோம் என்று வெளிப்படையாக உறுதி கூறினார்.

1828இல் கிளேர் தொகுதியில் இடைத்தேர்தல் வந்தது. அங்கே உறுப்பினராயிருந்த வெசி பிட்ஜெரால்டு மந்திரி பதவி ஏற்றமையால் மீண்டும் தேர்தலைச் சந்திக்க வேண்டியதாயிற்று. அவர் நல்லவர், கத்தோலிக்கருக்கு உரிமை தரவேண்டும் என்ற கட்சியையும் சேர்ந்தவர். ஆயினும் அரசாங்கத்தின் மந்திரி. சட்டத்தைக் கூர்ந்து படித்த ஓகானல், கத்தோலிக்கன் பாராளுமன்றத்தில் அமர்வதைத்தான் சட்டம் தடுக்கிறது, தேர்தலில் நிற்பதை அன்று என்று கண்டு, தாமே வேட்பாளரானார். ஜூலை முதல் வாரத்தில் என்னிஸ் நகரை நோக்கிக் குடியானவர்கள் அணியணியாக வந்தனர். குருமார் முன்னே நடந்தனர். தேர்தல் என்றால் குடியும் அடிதடியும் என்றிருந்த அக்காலத்தில், அத்தனை ஆயிரம் பேர் கூடிய ஊரில் மதுவைத் தொடாமல் ஒழுங்கு காத்தனர். பிட்ஜெரால்டு நோயுற்றிருந்த தம் தந்தையைப் பற்றிப் பேசுகையில் கண்ணீர் விட்டார். மக்கள் உருகினர், வாக்கை மட்டும் மாற்றவில்லை. ஓகானலுக்கு 2,057 வாக்குகளும் பிட்ஜெரால்டுக்கு 982 வாக்குகளும் கிடைத்தன.

கிளேரில் நடந்தது நாடெங்கும் நடக்கும் என்பதைப் பிரதமர் வெல்லிங்டனும் உள்நாட்டு மந்திரி பீலும் உணர்ந்தனர். உள்நாட்டுப் போரைக் காட்டிலும் உரிமை கொடுப்பதே மேல் என்று, நெடுநாள் எதிர்த்துவந்த இருவரும் இசைந்தனர். 1829 ஏப்ரல் 13ஆம் நாள் கத்தோலிக்க உரிமைச் சட்டத்துக்கு மன்னர் கையொப்பம் கிட்டிற்று. அன்றைய தினமே மற்றொரு சட்டத்துக்கும் கிட்டிற்று. அது அயர்லாந்தின் மாவட்டத் தொகுதிகளில் வாக்குரிமைக்கான வரம்பை இரண்டு பவுனிலிருந்து பத்துப் பவுனாக உயர்த்தியது. ஏறத்தாழ 2,16,000 ஆக இருந்த வாக்காளர் தொகை 37,000 அளவுக்குச் சுருங்கியது. நிலச்சுவான்தாருக்கு அடங்கிய நாளில் குற்றமாகத் தோன்றாத அவ்வாக்கு, அவருக்கு அடங்காதபோது குற்றமாயிற்று.

ஓகானல் எதிர்ப்புத் தெரிவித்தார் என்பது உண்மை. ஆனால் கிளேரைத் திரட்டிய அந்த வலிமை அவ்வெதிர்ப்பில் இல்லை. பெரிய நலனுக்காகச் சிறியதை விட்டார் என்று அவருக்காக வாதிடுவோர் உளர். எதிர்த்து நின்றிருந்தால் இரண்டும் போயிருக்கலாம் என்பதும் உண்மையே. எனினும் அவர் வாக்குக் கொடுத்திருந்தார். கொடுத்தது, தம் நிலத்தையே பணயம் வைத்தவர்களுக்கு.

சட்டத்தின் பயன் யாருக்குச் சென்றது என்பதும் நோக்கற்பாலது. பாராளுமன்ற இருக்கைகளும், நீதிபதி, மன்னரின் வழக்கறிஞர் முதலிய பதவிகளும் கற்றுத் தேர்ந்த, வசதி படைத்த கத்தோலிக்கருக்குத் திறந்தன. குடியானவனோ, தான் வழிபடாத அரசாங்கத் திருச்சபைக்குப் பழையபடியே தசமபாகம் செலுத்தினான். 1830க்குப் பின் அதனை எதிர்த்து நாடெங்கும் கலகம் மூண்டது. வாக்குக்காக அவனை நிலத்தில் வைத்திருந்த நிலச்சுவான்தாருக்கு இனி அவனால் ஆகக்கூடியது ஒன்றுமில்லை. சிறு துண்டு நிலங்களைச் சேர்த்து மேய்ச்சல் நிலமாக்கத் தொடங்கினர்.

மொழியைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். ஓகானல் ஐரிஷ் மொழி பேசும் குடும்பத்தில் ஒப்படைக்கப்பட்டு வளர்ந்தவர். அம்மொழி அவருக்குச் சரளம். ஆயினும் ஆங்கிலத்தின் பயனே பெரிது, ஐரிஷ் மெல்ல வழக்கொழிந்தாலும் வருந்துவதற்கில்லை என்ற கருத்தினர். 1831இல் அரசாங்கம் தொடங்கிய தேசியப் பள்ளிகள் ஆங்கிலத்திலேயே கற்பித்தன. வேலிப் பள்ளிகள் படிப்படியாக மறைந்தன. மக்களின் உரிமைக்காக உழைத்த ஒருவர் அம்மக்களின் மொழியை இவ்வளவு எளிதாகக் கருதியது வியப்புக்குரியது.

1829 மே 15ஆம் நாள் ஓகானல் பாராளுமன்றத்துள் நுழைந்தார். அவர் தேர்ந்தெடுக்கப்பட்டது புதிய சட்டத்துக்கு முன்னர் ஆகையால், பழைய சத்தியப் பிரமாணத்தையே செய்ய வேண்டும் என்றனர். கத்தோலிக்க சமயத்தைப் பழிக்கும் அச்சொற்களைக் கூற அவர் மறுத்தார். மீண்டும் தேர்தல் நடத்த ஆணை பிறந்தது. ஜூலை 30ஆம் நாள் அதே கிளேர் தொகுதியில் போட்டியின்றித் தேர்ந்தெடுக்கப்பட்டார். இம்முறை வாக்களிக்கக் குடியானவர் அணிவகுத்து வரத் தேவை நேரவில்லை. நேர்ந்திருந்தாலும் அவர்களுள் பெரும்பாலோர்க்குப் புதிய சட்டத்தின்கீழ் வாக்கு இல்லை. அயர்லாந்தின் வாக்காளர் தொகையைப் பெரிதும் பெருக்கிய சட்டம் 1850இல் வந்தது. இடையே 1845இல் தொடங்கிய உருளைக்கிழங்குப் பஞ்சத்தில் ஏறத்தாழ பத்து இலட்சம் பேர் மாண்டிருந்தனர். மடிந்தோருள் மிகப் பலர் சிறு நிலக் குடியானவரும் கூலிகளும். ஓகானலும் அப்பஞ்சத்தின் நடுவே, 1847 மே 15ஆம் நாள், ரோமாபுரிக்குச் செல்லும் வழியில் ஜெனோவா நகரில் உயிர் நீத்தார்.