கீற்றுக் கொட்டகைக்குள் ஒரு ஸ்டூடியோ

ஏ.வி.எம். ஸ்டூடியோ என்றால் மற்றவர்களுக்கு வடபழனியும் அதன் வாசல் உலக உருண்டையும். காரைக்குடியில் என் வயதுக்காரர்களுக்கு ஊருக்கு வெளியே இருக்கும் தேவகோட்டை ரஸ்தா.

ஏ.வி.எம்.காரர்கள் குண்டுக்குப் பயந்து இங்கே வந்தவர்கள் என்று ஊரில் சொல்வார்கள். பாதிதான் சரி. 1942 ஏப்ரலில் விசாகப்பட்டினத்திலும் காக்கிநாடாவிலும் ஜப்பான்காரன் குண்டு போட, சென்னை காலியானது மெய்தான். மிருகக்காட்சி சாலைப் புலி, சிங்கங்களைக்கூடச் சுட்டுக் கொன்றார்கள். ஆனால் ஏ.வி.எம். முதலாளி மெய்யப்பச் செட்டியாரை ஊருக்குத் திருப்பியது கரண்டு. போர்க்காலக் கெடுபிடியில், பட்டணத்தில் புது ஸ்டூடியோவுக்கு மின்சாரம் வாங்குவது குதிரைக்கொம்பு. ரஸ்தாவில் நாடகக் கொட்டகையோடு ஒரு பொட்டல் குத்தகைக்குக் கிடைத்தது. சுற்றிலும் கீற்றுக் கொட்டகைகள் எழும்பின: படம் பிடிக்க, கணக்கு எழுத, நடிகர்கள் படுத்துறங்க.

பர்மாவில் கடையையும் வயலையும் விட்டுவிட்டு எங்கள் செட்டியார் ஆட்கள் வெறுங்கையோடு திரும்பியதும் அந்தப் போரில்தான். முகப்பும் வளவும் பட்டாலையுமாக அரண்மனை போல வீடு, உள்ளே வருமானம் நின்றுபோன குடும்பம். ஊருக்கு வெளியே ஓலைக்கடியில் சினிமாக்காரர்கள். என் அப்பத்தா இவர்களைக் ‘கொட்டகைக்காரவுக’ என்பார். மரியாதையா, இளக்காரமா என்று அவர் குரலை வைத்துச் சொல்ல முடியாது.

ஓலைக்கடியில் படுப்பது பலருக்குப் புதிதல்ல. நாடகக் கம்பெனிகளில் வளர்ந்தவர்கள். ‘கம்பெனி வீடு’ என்று ஊருக்கு ஊர் ஒரே கூரையின் கீழ் உண்டு உறங்கியவர்கள். ரஸ்தா முகாம் கம்பெனி வீட்டின் தொடர்ச்சி என்பேன். பட்டணத்தில் நடிகர் வண்டியில் வந்து வேஷம் கலைத்துப் போவார். இங்கே போக இடமில்லை, ராத்திரியும் ஒத்திகைதான்.

அந்தக் கொட்டகையில் உருவான படம் ‘நாம் இருவர்’. ப. நீலகண்டன் எழுதிய நாடகத்தின் திரைவடிவம், டி.ஆர். மகாலிங்கம், பி.ஆர். பந்துலு, குமாரி கமலா நடித்தார்கள். இருபது வயது வி.கே. ராமசாமி கள்ளமார்க்கெட் கிழவராக வந்தார். அன்று ஒட்டிக்கொண்ட நரை பல ஆண்டுகள் அவரை விடவில்லை. பாரதி பாடல்களின் உரிமையைச் செட்டியார் விலைக்கு வாங்கியிருந்தார், டி.கே. பட்டம்மாள் பாட, கமலா ஆடினார். படம் வெளிவந்தது 1947 ஜனவரியில், வெள்ளைக்காரன் கொடி இறங்குவதற்கு ஏழு மாதம் முன்பு. உரிமையை 1949-இல் காசு வாங்காமல் அரசுக்குக் கொடுத்தார். அவர் செய்த வியாபாரங்களில் எனக்குப் பிடித்தது அதுதான்.

எனக்கொரு மனத்தாங்கல் உண்டு. பக்கத்துக் கோட்டையூரில் பிறந்த ஏ.கே. செட்டியார், காந்தியைப் பற்றிய படச்சுருள்களை உலகமெல்லாம் அலைந்து திரட்டி 1940-இல் ஆவணப்படமாக்கினார். ஆவணம் என்றால் என்ன என்று தெரிந்த மண் இது. ஆனாலும் ரஸ்தாவில் தினமும் ஓடிய கேமரா, அடுப்பங்கரைப் பக்கமோ குடிசை வாசல் பக்கமோ திரும்பியதாகத் தெரியவில்லை. மேக்கப்பைக் கழுவியபின் அந்த முகங்கள் எப்படி இருந்தன என்பதற்கு வாய்வழிக் கதைகளும் ஒன்றிரண்டு சுயசரிதைப் பக்கங்களும்தான் மிச்சம். ஃபிலிம் கிடைக்காத காலம் என்று சமாதானம் சொல்லலாம். ஒரு புகைப்படச் சுருளுமா கிடைக்கவில்லை?

1948-இல் ஸ்டூடியோ வடபழனிக்குப் போனது. கூடவே நடிகர்களும் போனார்கள். பர்மாவிலிருந்து வந்தவர்களுக்குத் திரும்பிப் போக இடமில்லை.