வீடியோ கேமுக்குக் கொடுத்த பணம் திரும்பி வந்த வரலாறு

இணையக் கடையில் பணம் கட்டிப் பதிவிறக்கம் செய்த வீடியோ கேமை வேண்டாம் என்று சொல்லிப் பணத்தைத் திரும்பப் பெறுவது இன்றைய மாணவர்களுக்குச் சாதாரணச் செய்தி. கடைக்காரர் முன் போய் நிற்க வேண்டியதில்லை. செல்பேசியில் நாலு இடத்தில் தொட்டால் போதும். ஆனால் இந்த வசதி பரவலாகிப் பத்தாண்டுகள்தான் ஆகின்றன. அது எப்படி வந்தது, இந்தியாவில் அதில் எவ்வளவு நிறுவனம் தரும் சலுகை, எவ்வளவு சட்டம் தரும் உரிமை என்பதை இக்கட்டுரை விளக்குகிறது. இந்த வேறுபாடு தெரியாததால், சலுகையின் கெடு முடிந்தவுடன் எல்லாம் முடிந்தது என்று பணத்தைக் கைகழுவி விடுபவர்கள் உண்டு.

ரசீதின் அடியில் இருந்த வரி

"விற்ற பொருள் திரும்பப் பெறப்பட மாட்டாது." அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லிக் கடைத்தெருக்களில் அந்நாளில் வாங்கிய ரசீதுகளின் அடியில் இந்த வரி இருக்கும். துணிக்கடை, பாத்திரக்கடை, ரேடியோ கடை என்ற வேறுபாடு கிடையாது. விற்கும் பொருளின் தரம் பற்றிய நிபந்தனைகள் 1930ஆம் ஆண்டின் சரக்கு விற்பனைச் சட்டத்திலேயே இருந்தன. ஒரு மின்விசிறிக்காக உரிமையியல் நீதிமன்றப் படி ஏற யாரிடம் நேரமும் காசும் இருந்தது? சென்னையில் 1985இல் நுகர்வோர் செயல்குழு தொடங்கப்பட்டது. மறு ஆண்டு, டிசம்பர் 24 அன்று, நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்துக்குக் குடியரசுத் தலைவர் ஒப்புதல் அளித்தார். வழக்கறிஞர் இல்லாமலே மாவட்ட அளவில் முறையிடலாம் என்ற நிலை அதற்குப் பிறகுதான் வந்தது.

தொலைக்காட்சியில் செருகி விளையாடும் கேம் பெட்டிகள் தொண்ணூறுகளில் நம் பகுதிக்கு வந்தன. விளையாட்டு அடங்கிய அந்தப் பிளாஸ்டிக் அட்டையைப் பிள்ளைகள் "கேசட்" என்றே சொன்னார்கள். ரிச்சி தெருவிலோ பர்மா பஜாரிலோ வாங்கி வந்து, வாயால் ஊதி ஊதிச் செருகுவார்கள். ஓடவில்லையென்றால் கடைக்காரர் வேறொன்று மாற்றிக் கொடுப்பார். காசைத் திருப்பித் தரும் பேச்சே இருக்காது. பின்னர் குறுந்தட்டு வந்தபோது கடைக்காரர்களுக்கு ஒரு நியாயமான அச்சமும் சேர்ந்தது. வாங்கிப் போய் நகல் எடுத்துக்கொண்டு தட்டைத் திருப்பிக் கொடுத்தால் என்ன செய்வது? எனவே உறை பிரித்த தட்டை வாங்க மறுத்தார்கள். இது நம்மூர் வழக்கம் மட்டுமல்ல, உலக வழக்கம்.

தட்டு போய் உரிமம் வந்தது

அமெரிக்காவின் வால்வ் நிறுவனம் 2003 செப்டம்பரில் ஸ்டீம் என்னும் இணையக் கடையைத் தொடங்கியது. அடுத்த ஆண்டு நவம்பரில் வெளியான ஹாஃப்-லைஃப் 2 விளையாட்டைக் கடையில் தட்டாக வாங்கியவர்களும் ஸ்டீமில் கணக்குத் திறந்து பதிவு செய்தால்தான் விளையாட முடியும் என்றாயிற்று. பதிவு எண்ணை ஒருமுறை பயன்படுத்திவிட்டால் அது அந்தக் கணக்கோடு ஒட்டிக்கொள்ளும். தட்டு கையில் இருந்தாலும் அதை நண்பருக்குக் கொடுக்கவோ பழைய விலைக்கு விற்கவோ வழியில்லை. வாங்கியது பொருளா, பயன்படுத்தும் அனுமதி மட்டுமா என்ற கேள்வி இங்கே பிறந்தது. பணம் திரும்புவது பற்றிய எல்லா வழக்குகளும் இந்தக் கேள்வியைத்தான் சுற்றி வருகின்றன.

செல்பேசிக் கடைகளில் கதை சற்று வேறாக ஓடியது. ஆண்ட்ராய்டு கடையில் தொடக்கத்தில் 24 மணி நேரத்துக்குள் செயலியை நீக்கினால் பணம் திரும்பும். 2010 டிசம்பரில் கூகுள் அதை 15 நிமிடமாகக் குறைத்தது. பெரிய கேம் ஒன்று முழுதாக இறங்குவதற்கே அந்நாளில் கால் மணி நேரம் போதாது. தைவானில் தொலைவிலிருந்து வாங்கும் எதையும் ஏழு நாளில் திருப்பித் தரலாம் என்ற சட்டம் இருந்தது. அதைச் சுட்டி தைப்பே நகர நிர்வாகம் 2011இல் கூகுளுக்கு அபராதம் விதித்தது. ஆப்பிள் ஏழு நாள் விதியை ஏற்றுக்கொண்டது. கூகுளோ தைவானில் கட்டணச் செயலி விற்பனையையே நிறுத்திவிட்டு வழக்குத் தொடுத்து வென்றது. பிறகு 2014இல், தானாகவே, கெடுவை இரண்டு மணி நேரமாக உயர்த்தியது.

ஆஸ்திரேலிய வழக்கு

கணினி விளையாட்டுகளில் எலெக்ட்ரானிக் ஆர்ட்ஸ் நிறுவனம் 2013 ஆகஸ்டில் தன் சொந்த விளையாட்டுகளுக்குப் பணம் திருப்பும் உறுதியை வெளியிட்டது: முதன்முதலாகத் திறந்ததிலிருந்து 24 மணி நேரம், அல்லது வாங்கியதிலிருந்து ஏழு நாள். ஆனால் சந்தையில் பெரிய கடையான ஸ்டீமின் ஒப்பந்தம் பணம் திரும்பாது என்றே சொல்லிக்கொண்டிருந்தது. ஆஸ்திரேலியப் போட்டி, நுகர்வோர் ஆணையம் 2014 ஆகஸ்டில் வால்வ் மீது வழக்குத் தொடுத்தது.

வால்வ் வைத்த வாதங்களை மாணவர்கள் கவனிக்க வேண்டும். எங்களுக்கு ஆஸ்திரேலியாவில் தொழிலே இல்லை. ஒப்பந்தத்துக்குப் பொருந்துவது அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலச் சட்டம். நாங்கள் பொருள் எதையும் விற்கவில்லை, உரிமம்தான் தருகிறோம். மூன்றுமே எடுபடவில்லை. ஆஸ்திரேலியாவில் அப்போது சுமார் 22 லட்சம் ஸ்டீம் கணக்குகள் இருந்தன. அந்நாட்டு நுகர்வோர் சட்டம் "பொருள்" என்ற சொல்லுக்குள் கணினி மென்பொருளையும் வெளிப்படையாகச் சேர்த்திருந்தது. 2016 மார்ச்சில் கூட்டாட்சி நீதிமன்றம் வால்வுக்கு எதிராகத் தீர்ப்பளித்தது. டிசம்பரில் 30 லட்சம் ஆஸ்திரேலிய டாலர் அபராதம் விதித்தது. மேல்முறையீடு 2017இல் தள்ளுபடியானது. உயர் நீதிமன்றமும் 2018இல் அனுமதி மறுத்தது.

வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே, 2015 ஜூன் 2 அன்று, ஸ்டீம் உலகம் முழுவதற்கும் ஒரு விதியை அறிவித்தது. வாங்கி 14 நாட்களுக்குள், இரண்டு மணி நேரத்துக்குக் குறைவாக விளையாடியிருந்தால், காரணம் எதுவானாலும் பணம் திரும்பும். அந்த விதியே இன்றும் ஆவடியில் இருக்கும் கல்லூரி மாணவருக்கும் பொருந்துகிறது. அதைத் தந்தது இந்தியச் சட்டம் அல்ல. வேறொரு நாட்டின் ஆணையம் நெருக்கிக்கொண்டிருந்த நாளில் ஒரு நிறுவனம் எழுதிக்கொண்ட விதி; நிறுவனம் நினைத்தால் மாற்றலாம். 2024இல், வெளியீட்டு நாளுக்கு முன்பே விளையாடும் நேரத்தையும் இரண்டு மணிக் கணக்கில் சேர்த்து, அப்படி மாற்றியும் இருக்கிறது.

எழுதிய விதியையும் தாண்டிப் பணம் திரும்பிய நிகழ்ச்சி சைபர்பங்க் 2077. 2020 டிசம்பர் 10 அன்று வெளியான இந்த விளையாட்டு பிளேஸ்டேஷன் 4இல் அடிக்கடி நின்றுபோனது. பதிவிறக்கம் செய்த பிறகு பணம் தராத சோனி, ஒரு வாரத்தில் விளையாட்டைக் கடையிலிருந்தே எடுத்துவிட்டு முழுப் பணத்தையும் தர முன்வந்தது. கூச்சல் போதுமான அளவு பெரிதாக இருந்தால் விதி வளையும் என்று சிலர் இதிலிருந்து பாடம் எடுப்பார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. குறையுள்ள சரக்குக்குப் பணம் தருவது பழைய சரக்கு விற்பனைச் சட்டத்தின் நியாயம்தான்.

இந்தியாவில் பொருளா, சேவையா

இந்திய உச்ச நீதிமன்றம் 2004இல் டாடா கன்சல்டன்சி சர்வீசஸ் வழக்கில், கடையில் விற்கும் ஆயத்த மென்பொருள் "பொருள்" தான் என்று கூறியது. அது விற்பனை வரி வழக்கு. சென்னை உயர் நீதிமன்றம் 2010இல் மென்பொருள் விற்பனையாளர் சங்க வழக்கில், மென்பொருள் பொருளே ஆனாலும், அது கைமாறும் விதம் விற்பனையா சேவையா என்பது ஒப்பந்தத்தைப் பொறுத்தது என்றது. 2017இல் வந்த சரக்கு, சேவை வரியில் வெளிநாட்டு இணையக் கடையிலிருந்து இறங்கும் விளையாட்டு சேவைக் கணக்கில் 18 சதவீத வரி கட்டுகிறது. ஒரே கேம், வரி அதிகாரிக்கு ஒருமுறை சரக்கு, மறுமுறை சேவை!

நுகர்வோருக்கு இந்தக் குழப்பத்திலிருந்து விடுதலை 2019ஆம் ஆண்டின் புதிய நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தில் கிடைத்தது. 2020 ஜூலையில் நடைமுறைக்கு வந்த இச்சட்டம், மின்வணிகம் என்பதை விளக்கும்போது "டிஜிட்டல் பொருட்கள்" உட்பட என்று சொல்கிறது. பொருளோ சேவையோ, குறையிருந்தால் முறையிடலாம். குறையுள்ள பொருளைத் திரும்பப் பெறவும் பணத்தைத் தரவும் மறுப்பது முறையற்ற வணிகம் ஆகும். ரசீதில் கெடு குறிப்பிடாவிட்டால் 30 நாள் என்று சட்டமே கெடு வைக்கிறது. அதே மாதம் வந்த மின்வணிக விதிகள், விளம்பரத்தில் சொன்ன தன்மை இல்லாவிட்டாலும் விற்பவர் பணத்தை மறுக்கக் கூடாது என்கின்றன. குறைதீர் அலுவலர் 48 மணி நேரத்தில் புகாரைப் பெற்றுக்கொண்டதாகத் தெரிவித்து, ஒரு மாதத்தில் தீர்க்க வேண்டும். இந்தியாவில் பதிவு பெறாமல் இந்தியருக்குத் தொடர்ந்து விற்கும் நிறுவனத்துக்கும் இவை பொருந்தும்.

இதில் ஒன்று இல்லை என்பதையும் சொல்ல வேண்டும். "பிடிக்கவில்லை, மனம் மாறிவிட்டேன்" என்பதற்குப் பணம் கேட்கும் உரிமை இந்தியச் சட்டத்தில் கிடையாது. அது நிறுவனத்தின் சலுகை மட்டுமே. 14 நாள், இரண்டு மணி என்ற கெடு அங்கேதான் ஆளும். ஓடாத விளையாட்டு, சொன்னது ஒன்று தந்தது ஒன்று, பணம் போய் விளையாட்டு வராதது ஆகியவை வேறு வகை. கடையின் கெடு முடிந்தாலும் இவற்றுக்குச் சட்டத்தின் கதவு இரண்டாண்டு திறந்திருக்கும். கோரிக்கை எழுதும்போதே எந்த வகை என்று தெளிவாக எழுதுவது நல்லது. குறையுள்ள விளையாட்டுக்கு "வேண்டாம்" என்ற காரணத்தைத் தேர்ந்தெடுத்துவிட்டு, பின்னர் குறை என்று வாதாடுவது கடினம்.

பிள்ளை அழுத்திய பொத்தான்

அப்பாவின் செல்பேசியில் பிள்ளை விளையாடி, சில ஆயிரம் ரூபாய்க்கு நாணயமும் ஆடையும் வாங்கிவிடுவதுதான் நம் பகுதிக் குடும்பங்களில் அதிகம் அடிபடும் பேச்சு. மாதச் சம்பளத்தில் ஓடும் வீட்டில் அது பள்ளிக் கட்டணத்துக்கு வைத்திருந்த பணமாக இருக்கும். பதினெட்டு வயது நிறையாதவர் செய்யும் ஒப்பந்தம் செல்லாது என்று பிரிவி கவுன்சில் 1903இல் மொஹோரி பீபி வழக்கில் உறுதிசெய்தது. ஆனால் கணக்கு அப்பா பெயரில், ரகசிய எண் அப்பாவுடையது. பிள்ளைதான் வாங்கியது என்று காட்டும் பாரம் பெற்றோர் தலையில் விழுகிறது. அமெரிக்காவில் ஒருமுறை கடவுச்சொல் கொடுத்தால் 15 நிமிடம் கேள்வியின்றி வாங்கலாம் என்று ஆப்பிள் வைத்திருந்த ஏற்பாட்டுக்காக, 2014இல் குறைந்தது 3.25 கோடி டாலரைப் பெற்றோருக்குத் திருப்பித் தர அந்நாட்டு வணிக ஆணையத்திடம் அது ஒப்புக்கொண்டது. அங்கே பொறுப்பு கடை மீது வைக்கப்பட்டது.

இங்கே ரிசர்வ் வங்கியின் 2017 ஜூலைச் சுற்றறிக்கை, ரகசிய எண்ணைப் பிறருக்குச் சொல்லி ஏற்பட்ட இழப்பை, வங்கிக்குத் தெரிவிக்கும்வரை வாடிக்கையாளரே ஏற்க வேண்டும் என்கிறது. ஆகவே பிள்ளை செய்ததை மறைத்து "யாரோ திருடிவிட்டார்கள்" என்று வங்கியில் எழுதிக் கொடுப்பது பொய்யும் ஆகும், பயனும் தராது. உண்மையைச் சொல்லி உடனே கடையிடம் கேட்பதே வழி; கூகுள் பிளேயில் 48 மணி நேரத்துக்குள் நேரடியாகக் கேட்கலாம், அதற்குப் பின் விளையாட்டைச் செய்த நிறுவனத்தை அணுகச் சொல்வார்கள். இணையத்தில் தேடிக் கிடைக்கும் "வாடிக்கையாளர் சேவை" எண்களை அழைக்க வேண்டாம். பணம் பெறுவதற்கு யுபிஐ ரகசிய எண் ஒருபோதும் தேவைப்படாது.

விளையாட்டே மறைந்தால்

பப்ஜி மொபைல் 2020 செப்டம்பர் 2 அன்று மற்ற 117 செயலிகளோடு தடை செய்யப்பட்டு, அக்டோபர் 30இல் இந்தியாவில் நின்றது. தடைக்கு அடிப்படையான தகவல் தொழில்நுட்பச் சட்டம் 69ஏ பிரிவில், உள்ளே பொருள் வாங்கியவரின் பணம் பற்றி எதுவும் இல்லை. 2021 ஜூலையில் வந்த இந்தியப் பதிப்பு பழைய கணக்கின் உடைமைகளை மாற்றிக்கொள்ள விட்டது; அதுவும் நிறுவனத்தின் விருப்பம். கூகுள் தன் ஸ்டேடியா சேவையை 2023 ஜனவரியில் மூடியபோது விளையாட்டு வாங்கிய பணத்தைத் திருப்பித் தந்தது. யூபிசாஃப்ட் 2024 மார்ச் 31இல் தி க்ரூ விளையாட்டை நிறுத்தியபோது, தட்டாக வாங்கி வைத்திருந்தவர்களாலும் விளையாட முடியவில்லை. அந்த ஆண்டே கலிபோர்னியா, உரிமம் மட்டும் தருபவர் அதை வாங்குவோருக்குத் தெளிவாகச் சொல்ல வேண்டும் என்று சட்டம் இயற்றியது. இந்தியாவில் அதற்கு நிகரான தனி விதி இன்னும் வரவில்லை.

முறையிடும் இடம்

1986ஆம் ஆண்டுச் சட்டத்தில், எதிர்த்தரப்பு தொழில் நடத்தும் இடத்திலோ வழக்குக்குக் காரணம் எழுந்த இடத்திலோதான் புகார் தர வேண்டும். அமெரிக்காவின் பெல்வியூ நகரில் அலுவலகம் வைத்திருக்கும் நிறுவனத்தின் மேல் பூந்தமல்லிக்காரர் எங்கே போய் மனுக் கொடுப்பது? 2019 சட்டம், புகார் தருபவர் குடியிருக்கும் அல்லது வேலை செய்யும் இடத்திலேயே தரலாம் என்று மாற்றியது. வால்வ் ஆஸ்திரேலியாவில் பேசிய "இங்கே எங்களுக்குத் தொழில் இல்லை" என்ற வாதத்துக்கு நம் சட்டத்தின் பதில் இதுவே என்று கொள்ளலாம். முதலில் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் பதிவு செய்யலாம். தீராவிட்டால் மாவட்ட நுகர்வோர் ஆணையம். ஐந்து லட்சம் ரூபாய் வரை கட்டணம் இல்லை. 2025 ஜனவரி முதல் இ-ஜாக்ரிதி தளத்தின் வழியே வீட்டிலிருந்தே மனு அனுப்பலாம். ரசீது மின்னஞ்சல், பிழை தெரியும் திரைப்படம், கடை மறுத்து அனுப்பிய பதில், விளம்பரப் பக்கத்தின் படம் ஆகியவற்றை அன்றே சேமித்துக்கொள்ள வேண்டும். விளம்பரப் பக்கங்கள் சத்தமில்லாமல் மாறிவிடும். அம்பத்தூர் வட்டம் 2018 ஜனவரியில் சென்னை மாவட்டத்தோடு சேர்க்கப்பட்டது, ஆவடியும் பூந்தமல்லியும் திருவள்ளூர் மாவட்டத்தில் இருக்கின்றன. மனுவில் மாவட்டத்தை எழுதும்போது இதையும் பார்த்து எழுத வேண்டும்.