பேருந்து வழித்தட உரிமம்: புதுப்பித்தலும் கைம்மாற்றமும்
(சித்தூர், திருப்பதிப் பகுதியை முன்வைத்து)

முன்னுரை

வட ஆர்க்காடு, கடப்பை மாவட்டங்களின் பகுதிகளைக் கொண்டு 1911 ஏப்ரல் 1 அன்று உருவாக்கப்பட்ட சித்தூர் மாவட்டம், 1953 செப்டம்பர் இறுதிவரை சென்னையோடு இணைந்திருந்தது. தமிழும் தெலுங்கும் ஒருங்கே வழங்கும் இப்பகுதியில், திருப்பதிக்குச் செல்லும் அடியவர் கூட்டம் பேருந்துத் தொழிலுக்கு நிலையான வருவாயைத் தந்தது. இத்தொழிலில் பேருந்தை விலைக்கு வாங்கிவிடலாம். மக்கள் 'பெர்மிட்டு' என வழங்கும் வழித்தட உரிமத்தை அவ்வாறு வாங்க இயலாது. அவ்வுரிமம் அதனைப் பெற்றவரின் உடைமையா, அரசு அளித்த காலவரையறைக்குட்பட்ட இசைவா என்னும் வினாவுக்குச் சட்டமும் நீதிமன்றமும் கண்ட விடைகளை ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

கைம்மாற்றம்

1939ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 59ஆம் பிரிவு, போக்குவரத்து ஆணையத்தின் இசைவின்றி உரிமத்தை ஒருவர் மற்றொருவருக்கு மாற்றுதல் கூடாது என விதித்தது. உரிமம் பெற்றவர் இறப்பின், வாகனத்தைப் பெறும் வாரிசு 30 நாள்களுக்குள் ஆணையத்திற்கு அறிவித்து, மூன்று மாதம் அவ்வுரிமத்தைப் பயன்படுத்தலாம் என 61ஆம் பிரிவு கூறியது. தந்தையின் பேருந்து மகனுக்கு மரபுரிமையாக வந்தது. உரிமமோ விண்ணப்பத்தின் வழியே வரவேண்டியிருந்தது.

இதனால் எழுந்த சிக்கலைக் கும்பகோணப் பகுதிப் பேருந்துகள் ஐந்தைப் பற்றிய வழக்கு காட்டுகிறது. அவற்றின் உரிமங்கள் தமக்கே மாற்றப்பட வேண்டும் என இரு தரப்பினர் வாதிட்டனர். 'வீரப்பா பிள்ளை எதிர் இராமன் அண்டு இராமன்' என்னும் இவ்வழக்கில் 1952இல் உச்சநீதிமன்றம், எல்லா நிபந்தனைகளையும் நிறைவு செய்தவரும் உரிமத்தைத் தம் உரிமையாகக் கோர இயலாது எனத் தீர்ப்பளித்தது. தஞ்சை மண்ணில் எழுந்த வழக்காயினும், அன்று சென்னை மாநிலத்தின் உறுப்பாயிருந்த சித்தூரின் உரிமையாளர்களையும் இத்தீர்ப்புப் பிணைத்தது.

புதுப்பித்தல்

உரிமத்தின் காலம் மூன்று முதல் ஐந்து ஆண்டுகள் என 58ஆம் பிரிவு வரையறுத்தது. பிற தகுதிகள் ஒத்திருப்பின், புதிய விண்ணப்பத்தினும் புதுப்பிக்கும் விண்ணப்பத்திற்கே முன்னுரிமை உண்டு எனவும் அது கூறியது. எனவே, ஒருமுறை பெற்ற உரிமம் தொடர்ந்து கிடைக்கும் என உரிமையாளர் நம்பியது இயல்பே.

கோயம்புத்தூரிலிருந்து சென்ற வி.சி.கே. பேருந்து நிறுவன வழக்கு (1957) இந்நம்பிக்கையின் மறுபக்கத்தைக் காட்டியது. முதல் உரிமத்தின் மீதான மேல்முறையீடு நிலுவையிலிருந்தபோதே அவ்வுரிமம் புதுப்பிக்கப்பட்டது. பின்னர் முதல் உரிமம் செல்லாததாயிற்று. புதுப்பித்தல் என்பது பழைய உரிமத்தின் தொடர்ச்சியே. ஆதலின் மூலம் வீழின் தொடர்ச்சியும் வீழும் என உச்சநீதிமன்றம் முடிவு செய்தது.

நாட்டுடைமையும் இழப்பீடும்

1956ஆம் ஆண்டுத் திருத்தம் சட்டத்தில் IVஏ இயலைச் சேர்த்து, வழித்தடங்களை அரசுப் போக்குவரத்து நிறுவனங்களுக்கு ஒதுக்க வழிசெய்தது. 1958 ஜனவரி 11 அன்று ஆந்திரப் பிரதேச அரசுப் போக்குவரத்துக் கழகம் தோன்றியது. காலம் முடியாத உரிமம் நீக்கப்படின், எஞ்சிய ஒவ்வொரு முழு மாதத்திற்கும் 200 ரூபாய் இழப்பீடு என 68ஜி பிரிவு வரையறுத்தது. புதுப்பிக்க மறுத்தால் இழப்பீடு இல்லை என்பதையும் அப்பிரிவே தெளிவாக்கியது. முப்பது மாதம் எஞ்சியிருந்த உரிமத்திற்கு 6,000 ரூபாய் கிடைக்கும். காலம் முடிந்து புதுப்பிக்கப்படாத உரிமத்திற்கு ஒன்றுமில்லை. முன்னர்த் தொடர்ச்சி எனக் கொள்ளப்பட்ட புதுப்பித்தல், இழப்பீட்டைக் கணக்கிடும் இடத்தில் தொடர்ச்சியாகக் கொள்ளப்படவில்லை. இரு நிலைகளிலும் இழப்பு உரிமையாளரையே சார்ந்தது.

எல்லை மாற்றம்

சித்தூர்ப் பகுதியில் இச்சிக்கலோடு மாநில எல்லையும் சேர்ந்துகொண்டது. 1953 அக்டோபர் 1 அன்று ஆந்திர மாநிலம் உருவானதும் வேலூர்–சித்தூர் வழித்தடம் இரு மாநில வழித்தடமாயிற்று. 1960 ஏப்ரல் 1 அன்று திருத்தணி சென்னை மாநிலத்தோடு இணைந்தபோது, திருத்தணி–திருப்பதி வழித்தடமும் அந்நிலை எய்தியது. ஒரு மாநிலத்தில் பெற்ற உரிமம் மற்றொன்றில் செல்ல அம்மாநிலத்தின் மேலொப்பம் வேண்டும் என்பது 63ஆம் பிரிவின் பொதுவிதி. சாலை மாறவில்லை, பயணியர் மாறவில்லை. உரிமம் மட்டும் இரு அரசுகளை நோக்கி நிற்க நேர்ந்தது.

முடிவுரை

பொதுச்சாலையைப் பயன்படுத்தும் இசைவு விலைபொருளாகிவிடக் கூடாது என்னும் சட்டத்தின் நோக்கம் குறைகூறத் தக்கதன்று. ஆயினும், கடன்பட்டுப் பேருந்து வாங்கிய சிறு உரிமையாளரின் வாழ்வு, உரிமத்தில் குறிக்கப்பட்ட முடிவு நாளைச் சார்ந்திருந்தது என்பதும் உண்மை. 1989 ஜூலை 1 அன்று நடைமுறைக்கு வந்த 1988ஆம் ஆண்டுச் சட்டமும், கைம்மாற்றத்திற்கு இசைவு வேண்டும் என்னும் பழைய விதியை 82ஆம் பிரிவில் தக்கவைத்துக் கொண்டது. உரிமம் உடைமையன்று என்பதில் சட்டம் உறுதியாகவே நின்றது. உடைமைபோல் நம்பி முதலிட்டவரின் இழப்புக்கு யார் பொறுப்பு என்னும் வினாவுக்கோ அது முழுமையான விடை தரவில்லை.