பால்பொது மொழி: ஸ்பானியமும் அதன் உறவு மொழிகளும்

பேச்சில் குறிக்கப்படுபவர் ஆணா பெண்ணா என்று காட்டாமலோ, ஆண், பெண், இவ்விரண்டிலும் அடங்காதவர் என எல்லாரையும் ஒருசேர அணைத்தோ பேசவும் எழுதவும் கையாளும் வழக்குகளைப் பால்பொது மொழி என்பர். ஸ்பானியத்தில் இதன் பெயர் 'லெங்குவாஹே இன்க்லுசிவோ', அதாவது அனைவரையும் உள்ளடக்கும் மொழி. பெயர்ச்சொல்லும், அதற்கு முன் வரும் சார்படையும், அதைத் தழுவும் பெயரடையும் ஆண்பால், பெண்பால் என்று பிரிந்து நிற்கும் மொழி அது. அங்கே ஒரு சொல்லை மாற்றினால் வாக்கியம் முழுவதையும் மாற்ற வேண்டிவரும். ஓர் உயிரெழுத்தைப் பற்றிய வாதம் நாடாளுமன்றம்வரை போனதற்கு இதுவும் ஒரு காரணம்.

இலக்கணப் பால்

தமிழில் பால் பொருளைப் பார்த்து அமைகிறது. ஆண்பாலும் பெண்பாலும் உயர்திணைக்கு மட்டுமே. மேசையும் நதியும் அஃறிணை. ஸ்பானியத்தில் எல்லாப் பெயர்ச்சொல்லுக்கும் பால் உண்டு. மேசை (மேசா) பெண்பால், புத்தகம் (லிப்ரோ) ஆண்பால். 'ஓ'வில் முடிந்தால் ஆண்பால், 'ஆ'வில் முடிந்தால் பெண்பால் என்று பொதுவாகச் சொல்லலாம். ஆனால் கை (மானோ) ஓகாரத்தில் முடிந்தும் பெண்பால், நாள் (தியா) ஆகாரத்தில் முடிந்தும் ஆண்பால். ஆள் என்று பொருள்படும் 'பெர்சோனா' எப்போதும் பெண்பால்தான்; குறிக்கப்படுபவர் மீசை வைத்த படைத்தலைவராக இருந்தாலும் மாறாது. தாய்மொழியான இலத்தீனில் மூன்றாவதாக ஒரு நடுப்பாலும் இருந்தது. ஸ்பானியத்தில் அது பெரும்பாலும் ஆண்பாலில் கரைந்துவிட்டது. 'லோ', 'எஸ்தோ' போன்ற சில சிறு சொற்களில் எஞ்சியிருந்தாலும், கருத்துகளையும் நிகழ்வுகளையும் சுட்டவே பயன்படுகிறது. மனிதரைச் சுட்ட உதவாது.

தமிழில் வினைமுற்று பால் காட்டும். ஸ்பானிய வினை காட்டாது. வந்தான், வந்தாள் இரண்டுக்கும் 'வினோ' ஒன்றே. ஆனால் தன்னைப் பற்றிப் பேசும்போது தமிழருக்கு இல்லாத சங்கடம் அங்கே உண்டு. 'களைத்துப்போயிருக்கிறேன்' என்று சொல்ல வாயெடுத்தாலே, ஆண் 'கன்சாதோ' என்றும் பெண் 'கன்சாதா' என்றும் சொல்லியாக வேண்டும்.

சண்டையின் மையம் பன்மையில் இருக்கிறது. 'அலும்னாஸ்' என்றால் மாணவியர் மட்டும். 'அலும்னோஸ்' என்றால் மாணவர்கள் மட்டுமாகவும் இருக்கலாம், இருபாலாரும் கலந்த வகுப்பாகவும் இருக்கலாம். தொண்ணூற்றொன்பது மாணவியரோடு ஒரே ஒரு மாணவன் உட்கார்ந்திருந்தாலும் இலக்கணப்படி அந்த வகுப்பு 'அலும்னோஸ்'. பெற்றோருக்கான சொல் 'பாத்ரேஸ்'. எழுத்துக்கு எழுத்து பார்த்தால் அதற்குத் 'தந்தையர்' என்றுதான் பொருள். இதைப் பொது ஆண்பால் என்பார்கள். தமிழின் பலர்பாலில் 'வந்தார்கள்' என்றதும் பால் மறைந்துவிடுவதால், இந்தச் சிக்கலின் உறைப்பு நமக்கு உடனே பிடிபடுவதில்லை.

தொழிற்பெயர்கள்

சீர்திருத்த முயற்சிகளில் கூச்சல் குறைவாகவும் பலன் அதிகமாகவும் இருந்த களம் தொழிற்பெயர்கள்தான். பெண்கள் நுழையாத பதவிகளின் பெண்பாற் பெயர், பதவி வகிப்பவரின் மனைவியையே குறித்தது. 'கொரோனேலா' என்றால் கர்னலின் மனைவி. பெண்களே மருத்துவர்களாகவும் நீதிபதிகளாகவும் வந்தபோது 'மெதிகா', 'ஹுவேசா' என்ற வடிவங்கள் காதுக்கு உறுத்துவதாகச் சிலர் முகம் சுளித்தார்கள். வேலைக்காரியைக் குறிக்கும் 'சிர்வியேந்தா' யாருக்கும் உறுத்தியதில்லை. அதே வாய்பாட்டில் அமைந்த 'பிரெசிதேந்தா' (பெண் தலைவர்) மட்டும் பிழை என்று இன்றும் வாதிடுவோர் உண்டு. ஸ்பானிய அரச கழகத்தின் அகராதியில் அந்தச் சொல் 1803 முதல் இருக்கிறது.

இரட்டித்துச் சொல்லுதல்

பெண்கள் கண்ணுக்குத் தெரிய வேண்டும் என்ற நோக்கில் 1980கள் முதல் அரசு அலுவலகங்களும் பல்கலைக்கழகங்களும் தொழிற்சங்கங்களும் வழிகாட்டி நூல்களை வெளியிடத் தொடங்கின. மொழியில் பாலினப் பாகுபாட்டைத் தவிர்க்கும்படி 1987இல் யுனெஸ்கோவின் பொது மாநாடும் தீர்மானம் போட்டது. இவ்வழிகாட்டிகள் சொன்ன உத்திகளில் ஒன்று கூட்டுப்பெயர்: 'அலும்னோஸ்' என்பதற்குப் பதில் 'அலும்னாதோ', அதாவது மாணவர் திரள். இன்னொன்று இரட்டித்தல்: 'தோதோஸ் இ தோதாஸ்' (எல்லா ஆண்களும் எல்லாப் பெண்களும்). மேடைப் பேச்சாளர்கள் இரண்டாவதைப் பிடித்துக்கொண்டார்கள். மெக்சிகோ அதிபர் விசென்தே ஃபோக்ஸ் 'சிக்கீயோஸ் இ சிக்கீயாஸ்' (பையன்களே, பெண்பிள்ளைகளே) என்று அடிக்கடி சொல்லி, அதுவே அவரைக் கேலி செய்வோரின் வாய்ப்பாடாயிற்று. ஸ்பெயினின் சமத்துவத் துறை அமைச்சர் பிபியானா ஆய்தோ 2008இல் 'மியேம்ப்ரோஸ்' (உறுப்பினர்கள்) என்பதோடு அகராதியில் இல்லாத 'மியேம்ப்ராஸ்' என்பதையும் சேர்த்துச் சொல்ல, நாடே சில வாரங்கள் அதைப் பற்றியே பேசியது.

இந்த உத்தியை எல்லைவரை கொண்டுபோன ஆவணம் வெனிசுவேலாவின் 1999ஆம் ஆண்டு அரசியலமைப்புச் சட்டம். அதிபர் என்று வருமிடமெல்லாம் ஆண் அதிபர் அல்லது பெண் அதிபர், துணை அதிபருக்கும் அவ்வாறே, அமைச்சருக்கும் அவ்வாறே. பதவிகளை அடுக்கிச் செல்லும் 41ஆம் பிரிவைப் படிப்பவர் வாக்கியத்தின் முடிவை எட்டுவதற்குள் அதன் தொடக்கத்தை மறந்துவிடுவார். நோக்கத்தில் குறை காண முடியாதுதான். ஆனால் சட்ட வாசகத்தில் ஓரிடத்தில் இரட்டித்துவிட்டு மற்றோரிடத்தில் இரட்டிக்காமல் விட்டால், அங்கே பெண்கள் வேண்டுமென்றே விலக்கப்பட்டார்களா என்ற கேள்வி எழும். அதனால் ஒருமுறை தொடங்கினால் கடைசிவரை இரட்டித்தாக வேண்டும்.

சுழிக்குறி, எக்ஸ், 'எ'

எழுத்தில் சுருக்குவழி தேடியவர்கள் மின்னஞ்சல் முகவரியில் வரும் சுழிக்குறியைக் கண்டெடுத்தார்கள். அதில் 'ஓ'வுக்குள் 'ஆ' உட்கார்ந்திருப்பது போன்ற தோற்றம் உண்டு. சுவரொட்டிகளிலும் துண்டறிக்கைகளிலும் சொல்லின் ஈற்றில் அது ஏறியது. ஒரே குறியில் ஆணும் பெண்ணும் அடங்கினாலும், இரண்டு பாலுக்கு அப்பால் இருப்பவருக்கு அதில் இடமில்லை. அந்தக் குறை தீர ஈற்றெழுத்தை அடித்துவிட்டதுபோல் எக்ஸ் இட்டார்கள். இரண்டையும் வாய்விட்டுப் படிக்க முடியாது. பார்வையற்றோருக்குத் திரையைப் படித்துக் காட்டும் மென்பொருளும் அங்கே தடுமாறும்.

வாயில் நுழைந்த ஒரே தீர்வு 'எ'. பலரும் நினைப்பதுபோல் இது இணையத் தலைமுறையின் கண்டுபிடிப்பும் அல்ல. பொறியாளரான ஆல்வரோ கார்சியா மெசெகேர் 1976இலேயே இதை முன்மொழிந்தார். மொழிக்குள் இதற்கு வேரும் இருந்தது: 'எஸ்துதியாந்தே' (மாணவர்), 'காந்தாந்தே' (பாடகர்) போன்ற எகர ஈற்றுச் சொற்கள் பழைய காலம்தொட்டே இருபாலுக்கும் பொது. அந்த வாய்பாட்டை மற்றச் சொற்களுக்கும் நீட்டினால் 'தோதோஸ்', 'தோதாஸ்' இரண்டுக்கும் நடுவே 'தோதேஸ்' கிடைக்கிறது. நண்பர்கள் 'அமிகோஸ்', 'அமிகாஸ்' என்றில்லாமல் 'அமிகேஸ்' ஆகிறார்கள். சார்படை 'லே', பிரதிப்பெயர் 'எய்யே'. எல்லா இடத்திலும் இது சுமுகமாகப் பொருந்துவதில்லை. மேலாளரைக் குறிக்கும் 'ஹேஃபே' எகரத்தில் முடிந்தும் ஆண்பாலாகவே வழங்குகிறது. அதற்குப் பெண்பால் 'ஹேஃபா' தனியே உண்டு. 'அவருக்கு' என்ற பொருளில் 'லே' என்ற சொல் ஏற்கெனவே புழக்கத்தில் இருக்கிறது.

அர்ஜென்டினா, 2018 முதல்

'எ' வழக்கு வீதிக்கு வந்தது அர்ஜென்டினாவில். கருக்கலைப்பைச் சட்டப்படி அனுமதிக்கக் கோரிப் பச்சைக் கழுத்துத்துணி அணிந்த பெண்கள் 2018இல் புவெனஸ் ஐரிஸ் தெருக்களை நிறைத்தார்கள். அந்நாட்களில் பள்ளி மாணவி ஒருவர் தொலைக்காட்சிப் பேட்டியில், முடிவெடுக்காத நாடாளுமன்ற உறுப்பினர்களைப் பற்றிப் பேசும்போது 'திபுதாதேஸ்', 'இந்தெசிசேஸ்' என்று எகரம் வைத்து, தடங்கலின்றிச் சொன்னார். நாடு முழுவதும் அந்தக் காட்சி பரவியது. ஏளனமும் வந்தது, பின்பற்றுவோரும் வந்தார்கள். மறு ஆண்டே புவெனஸ் ஐரிஸ் பல்கலைக்கழகத்தின் சமூக அறிவியல் புலம் இவ்வழக்கில் எழுதுவதை ஏற்றது. 2021 ஜூலையில் தேசிய அடையாள அட்டையில் ஆண், பெண் என்பவற்றோடு எக்ஸ் என்ற மூன்றாவது குறியும் சட்டப்படி இடம்பெற்றது.

எதிர்வினையும் அங்கே அரசு விதியாயிற்று. 2022 ஜூனில் புவெனஸ் ஐரிஸ் நகர அரசு, பாடங்களிலும் பெற்றோருக்கு அனுப்பும் மடல்களிலும் சுழிக்குறி, எக்ஸ், 'எ' மூன்றையும் ஆசிரியர்கள் பயன்படுத்தக் கூடாது என்று விதித்தது. பிள்ளைகள் வாசிக்கக் கற்பது கெடுகிறது என்பது சொல்லப்பட்ட காரணம். 2024 பிப்ரவரியில் ஹவியேர் மிலெய் அரசு தேசிய நிர்வாகம் முழுவதற்கும் தடையை நீட்டுவதாக அறிவித்தது. மொழிக்கழகத்தைச் சட்டைசெய்யாமல் தெருவில் வளர்ந்த வழக்கை ஒழிக்க, அரசாணை வேண்டியிருந்தது என்பதையும் கவனிக்கலாம்.

அரச கழகத்தின் நிலை

1713இல் மத்ரிதில் நிறுவப்பட்ட ஸ்பானிய அரச கழகம் இந்த வழக்கில் எதிர்க்கட்சி வழக்கறிஞர் போல் நிற்கிறது. இலக்கண அறிஞர் இக்னாசியோ போஸ்கே 2012 மார்ச்சில் வெளியிட்ட அறிக்கை அதன் வாதத்தைத் தெளிவாக வைத்தது. ஒன்பது வழிகாட்டி நூல்களை ஆராய்ந்த போஸ்கே, சமூகத்தில் பாகுபாடு இருப்பதை மறுக்கவில்லை. ஆனால் பொது ஆண்பால் என்பது அடையாளம் ஏறாத வடிவம், அதில் பெண்களும் அடக்கம், வழிகாட்டிகள் சொல்வதை அப்படியே கடைப்பிடித்தால் பேசவே முடியாது என்றார். 2018இல் ஸ்பெயினின் துணைப் பிரதமர் கார்மென் கால்வோ, அரசியலமைப்புச் சட்டத்தின் மொழி பெண்களையும் உள்ளடக்குகிறதா என்று கழகத்திடம் அறிக்கை கேட்டார். 2020 ஜனவரியில் வந்த பதில், 1978ஆம் ஆண்டுச் சட்டத்தின் இலக்கணத்தில் பழுதில்லை என்பதே. அதே 2020 அக்டோபரில் தன் இணையதளத்தில் புதுச்சொற்களைக் கவனிக்கும் பகுதியில் 'எய்யே'வைச் சேர்த்த கழகம், கிளம்பிய ஆரவாரத்தைக் கண்டு சில நாட்களிலேயே எடுத்துவிட்டது. இந்தக் கழகத்துக்கு முதல் பெண் உறுப்பினர், கவிஞர் கார்மென் கோந்தே, தேர்ந்தெடுக்கப்பட்டது 1978இல்தான் என்பதை எதிர்த்தரப்பார் நினைவூட்டத் தவறுவதில்லை.

கழகம் சொல்வது இலக்கண நூலளவில் சரி. கேட்பவர் மனத்தில் என்ன தோன்றுகிறது என்பது வேறு கேள்வி. பஸ்கல் ஜிகாக்ஸ் குழுவினர் 2008இல் வெளியிட்ட ஆய்வு பிரெஞ்சு, ஜெர்மன், ஆங்கிலம் மூன்றிலும் தொழிற்பெயர்களை எடுத்துக்கொண்டது. ஆங்கிலம் படித்தவர்கள் அந்தந்தத் தொழிலைப் பற்றிய வழக்கமான எண்ணப்படி ஆணையோ பெண்ணையோ நினைத்தார்கள். பிரெஞ்சும் ஜெர்மனும் படித்தவர்கள், பெண்களே மிகுதியாகச் செய்யும் தொழிலானாலும், ஆண்பாற் பன்மையைக் கண்டதும் ஆண்களையே நினைக்கச் சாய்ந்தார்கள். இரு தரப்பும் இரு வேறு கேள்விகளுக்கு விடை சொல்லிக்கொண்டிருப்பதால்தான் வாதம் முடிவதில்லை.

சீர்திருத்தம் வேண்டுவோருக்குள்ளும் ஒரு பிளவு உண்டு. இரட்டித்தல் பெண்களை முன்னிறுத்துகிறது. அதே மூச்சில் உலகம் இரண்டே பால் என்று உறுதிசெய்கிறது. 'எ' இரண்டையும் கடக்கிறது. ஆனால் இத்தனை பாடுபட்டு உள்ளே கொண்டுவந்த பெண்பால் விகுதியை அது மறுபடி மறைத்துவிடுகிறதே என்று பெண்ணியர் சிலர் கேட்கிறார்கள். ஸ்பெயினில் 'உனிதோஸ் பொதேமோஸ்' கூட்டணி 2019இல் தன் பெயரை 'உனிதாஸ்' என்று பெண்பாலுக்கு மாற்றியது, இவ்விரண்டிலும் சேராத மூன்றாவது வழி.

அமெரிக்காவில் 'லத்தீனெக்ஸ்'

லத்தீன் அமெரிக்க வழிவந்தோரைக் குறிக்க அமெரிக்க ஐக்கிய நாட்டில் எழுந்த 'லத்தீனெக்ஸ்', மெரியம் வெப்ஸ்டர் அகராதியில் 2018இல் ஏறியது. பல்கலைக்கழகங்களும் நிறுவனங்களும் விரைந்து ஏற்றுக்கொண்டன. அச்சொல் யாரைக் குறிக்கிறதோ அவர்கள் ஏற்கவில்லை. பியூ ஆய்வு மையத்தின் கணக்குப்படி 2024இல் அதைக் கேள்விப்பட்டிருந்தோர் 47 விழுக்காடு, தம்மைக் குறிக்கப் பயன்படுத்தியோர் 4 விழுக்காடு. ஸ்பானிய நாவுக்கு அந்த ஈறு ஒட்டாதது ஒரு காரணம். 'லத்தீனே' என்று எகரம் வைத்துச் சொல்வது பின்னர் வந்தது.

பிற மொழிகள்

பிரெஞ்சில் சர்ச்சை ஒரு புள்ளியைச் சுற்றி நடக்கிறது. ஆண்பாற் சொல்லோடு பெண்பால் விகுதியை நடுப்புள்ளியிட்டு இணைத்து எழுதும் முறை அது. பிரெஞ்சு அகாதெமி 2017 அக்டோபரில் இதனால் மொழிக்கே உயிராபத்து என்று அறிவித்தது. 2021 மே மாதத்தில் கல்வி அமைச்சர் பள்ளிகளில் அதை விலக்கினார். அதே ஆண்டின் இறுதியில் 'இயேல்' என்ற பால்பொதுப் பிரதிப்பெயரை லெ ரொபேர் அகராதி தன் இணையப் பதிப்பில் சேர்த்தது. தொழிற்பெயர்களின் பெண்பால் வடிவங்களுக்குக் கியூபெக் 1979இலேயே வழிவிட்டிருக்க, பாரிசின் அகாதெமி இசைவதற்கு 2019 ஆயிற்று.

ஜெர்மனில் மூன்று பால் இருந்தும் நடுப்பால் கைகொடுப்பதில்லை. சிறுமியைக் குறிக்கும் 'மேட்சென்' நடுப்பாலாக இருப்பதே ஒரு வேடிக்கை. அங்கே சொல்லின் நடுவில் நட்சத்திரக்குறி இடுகிறார்கள். பேச்சில் அந்த இடத்தில் மூச்சை ஒரு கணம் நிறுத்துகிறார்கள். பவேரியா மாநிலம் 2024 ஏப்ரல் முதல் பள்ளிகளிலும் அரசு அலுவலகங்களிலும் இதைத் தடைசெய்தது. பிரேசிலில் ஒரு தீர்ப்பு எதிர்த்திசையில் சென்றது: பால்பொது வழக்கைப் பள்ளிகளில் தடுத்த ரொந்தோனியா மாநிலச் சட்டத்தை 2023இல் உச்ச நீதிமன்றம் செல்லாததாக்கியது. மொழிக்கல்வி பற்றிச் சட்டமியற்ற மாநிலத்துக்கு அதிகாரமில்லை என்பது அதன் அடிப்படை.

எபிரேயத்தில் முன்னிலையிலும் பால் உண்டு. 'நீ வா' என்று கூப்பிடவே ஆணுக்கு ஒரு வடிவம், பெண்ணுக்கு ஒரு வடிவம். அதனால் அங்கே இருபால் ஈறுகளையும் ஒரே உருவில் இணைக்கும் புதிய எழுத்துருக்களை வடிவமைத்துப் பார்த்திருக்கிறார்கள்.

இத்தாலியத்தில் சிலர் சொல்லீற்றில் தலைகீழான ரோமன் 'e' வடிவில் அமைந்த 'ஷ்வா' குறியை எழுதுகிறார்கள். பெண்பாற் பதவிப்பெயர்களைப் பரிந்துரைத்த அல்மா சபத்தினியின் நூல் அங்கே 1987இலேயே அரசின் ஆதரவோடு வந்துவிட்டது. ஆயினும் 2022இல் நாட்டின் முதல் பெண் பிரதமரான ஜார்ஜா மெலோனி, தன்னை 'இல் பிரெசிதேந்தே' என்று ஆண்பாற் சார்படையோடு அழைப்பதையே விரும்பினார். 2024இல் மெக்சிகோவின் முதல் பெண் அதிபரான கிளாவ்தியா ஷைன்பாம், தன் பதவிப்பெயர் 'பிரெசிதேந்தா' என்றும், ஈற்றில் 'ஆ' வரவேண்டும் என்றும் வலியுறுத்தினார்.