பண்டும் பூர்வமும்

ஆங்கிலத்தில் 'யோர்' என்றொரு பழஞ்சொல் உண்டு. கடந்த காலம் என்பது அதன் பொருள். ஆயினும் அதனை இன்று எவரும் தனித்து ஆள்வதில்லை. 'ஆஃப் யோர்' என ஓர் இடைச்சொல்லின் கைத்தாங்கலில்தான் அது நடமாடுகிறது. 'டேஸ் ஆஃப் யோர்' என நாள்களையும் துணைக்கு அழைத்துக்கொள்வதே பெருவழக்கு. ஆண்டைக் குறிக்கும் 'இயர்' என்னும் பெயரின் ஆறாம் வேற்றுமைப் பன்மை வடிவிலிருந்து இது தோன்றிற்று என்பர் சொற்பிறப்பியலார். ஆக, 'ஆண்டுகளின்' என்பதே இதன் வேர்ப்பொருள். ஒரு காலத்தில் 'முன்பு', 'நெடுநாளாக' என்னும் பொருள்களில் தன் காலில் நின்ற வினையடை இது. பின்னர்ப் படிப்படியாக ஒடுங்கிப் பாட்டிலும் கதையிலும் தங்கிவிட்டது. 'மோர்', 'பிஃபோர்' போன்ற சொற்களோடு இயைந்து ஒலிப்பதால் புலவர்கள் அதனைக் கைவிடவில்லை என்றும் கூறலாம். இன்று அச்சொல்லைப் பயன்படுத்துகிறவர் ஒன்று அழகுக்காகப் பயன்படுத்துகிறார்; அல்லது நகைப்புக்காகப் பயன்படுத்துகிறார். அதனை எழுதி எவரும் வழக்குத் தொடுத்ததில்லை.

ஆனால் ஆங்கிலேயர் வழக்குத் தொடுத்த கடந்தகாலம் ஒன்று உண்டு. அது வேறு சொல்லால் வழங்குகிறது. 'நினைவுக்கெட்டாத காலம்' என்னும் அவர்களது சட்டத்தொடருக்கு ஒரு திட்டமான தேதி இருக்கிறது. முதலாம் ரிச்சர்டு அரியணை ஏறிய 1189ஆம் ஆண்டே சட்ட நினைவின் எல்லை. 1275ஆம் ஆண்டின் வெஸ்ட்மின்ஸ்டர் சட்டம் அமைத்த எல்லை அது. வழிநடைப் பாதைக்கோ மேய்ச்சல் நிலத்துக்கோ வழக்காற்றுரிமை கோருகிறவர் அந்த ஆண்டை மனத்திற்கொண்டு பேசவேண்டியிருந்தது. 'யோர்' தேய்ந்தது, இத்தொடரோ சட்டநூல்களில் நிலைத்தது. உரிமை ஒன்று சாய்ந்து நிற்கும் சொல்லுக்கு எளிதில் தேய்மானம் இல்லை. எதுவும் சாராத சொல் அணிகலனாகிவிடுகிறது. இக்கருத்து தமிழுக்கு எவ்வளவு பொருந்துமென்பதைத் திருப்பெரும்புதூர், ஒரகடம் வட்டாரத்தை வைத்து நோக்குவதே இக்கட்டுரையின் எல்லை.

வட்டாரத்தின் தலையூரே இதற்கு நல்ல வாயில். திருப்பெரும்புதூர் இராமாநுசர் பிறந்த ஊர். மரபு அவரது பிறப்பை 1017 என்கிறது. தலபுராணம் ஊரைப் 'பூதபுரி' என்று சொல்லிப் பூதகணங்களோடு தொடர்புபடுத்தும். பெயரைப் பிரித்துப் பார்த்தாலோ 'பெரும் புதூர்' என்று நிற்கிறது. ஆயிரம் ஆண்டு பழைய ஊர் தன்னைப் புதியது என்று சொல்லிக்கொண்டிருக்க, அவ்வூரில் எழுந்தருளியிருக்கும் பெருமாளுக்கோ ஆதிகேசவர் என்று திருநாமம்.

'யோர்' என்பதற்குத் தமிழில் நேர்நிகர் யாதெனில், 'பண்டு' என்பதே. சங்கப் பாடல்களிலும் ஆழ்வார் பாசுரங்களிலும் அது தாராளமாய்ப் பயிலும். இன்றோ 'பண்டைய', 'பண்டைக்காலம்', 'பண்டுதொட்டு' எனச் சில கூட்டுகளில் மட்டும் வாழ்கிறது. தனிச்சொல்லாகப் பேச்சில் இல்லை. மலையாளத்தில் நிலைமை வேறு. அங்கே பாட்டிமார் கதை தொடங்குவதே 'பண்டு பண்டு' என்றுதான். ஒரகடத்துத் தொழிற்சாலையில் பணிபுரியும் பாலக்காட்டு இளைஞருக்கு 'பண்டு' அன்றாடச் சொல். அவருக்குப் பக்கத்தில் நிற்கும் வாலாஜாபாத்து இளைஞருக்கோ அது சேமநிதி. 'ஃபண்டு' என்னும் ஆங்கிலச் சொல் 'பண்டு' என்றே நம் வாயில் விழுந்து, தீபாவளிப் பண்டாகவும் மாதச் சம்பளத்தில் பிடிக்கப்படும் பண்டாகவும் நிலைபெற்றுவிட்டது. சென்ற காலத்தைக் குறித்த சொல்லின் இடத்தில், வருங்காலத்துக்கென ஒதுக்கும் பணம் வந்து அமர்ந்துகொண்டது.

'முன்' என்பதைப் பற்றியும் ஒரு சொல். கண்ணெதிரே இருப்பதும் முன், கழிந்துபோனதும் முன். 'மேல்' இன்னும் விந்தையானது: 'மேற்கூறிய' என்றால் சென்றது, 'இனிமேல்' என்றால் வருவது. இலக்கணத்தில் நாம் 'இறந்தகாலம்' என்கிறோம்; அங்கே இறத்தல் என்பது கடத்தலே.

இச்சொற்கள் நிலத்தோடு சேரும்போதுதான் வலிமை பெறுகின்றன. பல்லவர் செப்பேடுகளில் 'முன்பெற்றாரை மாற்றி' என்றொரு வாய்பாடு வரும். நந்திவர்ம பல்லவமல்லனின் 22ஆம் ஆட்சியாண்டில் வெளியிடப்பட்ட காசாக்குடிச் செப்பேடுகள் கிடைத்த இடம் காரைக்காலை அடுத்த காசாக்குடி. அவை பேசும் நிலமோ தொண்டை நாட்டு ஊற்றுக்காட்டுக் கோட்டத்தில் உள்ளது. இன்று ஊத்துக்காடு என வழங்கும் ஊர், ஒரகடத்திலிருந்து சாலை செல்லும் வாலாஜாபாத்தின் பக்கத்தில் இருக்கிறது. கொடுகொள்ளி என்னும் கிராமம் பிராமணர் ஒருவருக்குக் கொடையாகி ஏகதீரமங்கலம் எனப் பெயர் மாறிய செய்தியை அச்செப்பேடுகள் தருகின்றன. முன்னர் அந்நிலத்தை உடையவராயிருந்தோர் யார், மாற்றப்பட்டபின் எங்கே சென்றனர் என்பன பற்றிப் பேச்சில்லை. அவர்களுக்குக் கிடைத்த பெயர் 'முன்பெற்றார்' என்பதே. ஆங்கில நாளேடுகள் 'எர்ஸ்ட்வைல்' என்று எழுதும் பொருளில், எட்டாம் நூற்றாண்டிலேயே ஒரு தமிழ்ச்சொல் ஆவணத்தில் ஏறிவிட்டது. ஏறிய வேலை, ஆட்களை இறக்கிவிடுவது.

ஆயிரம் ஆண்டுக்குப் பின் இதே நிலப்பரப்பில் கடந்தகாலம் மீண்டும் வழக்குப்பொருளாயிற்று. 1763இல் ஆர்க்காட்டு நவாபு முகமது அலி செங்கற்பட்டுச் சீமையைக் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு ஜாகீராக அளித்தார். 1767 முதல் 1774 வரை தாமஸ் பர்னார்டு அந்த ஜாகீரில் ஏறத்தாழ 2000 ஊர்களை அளந்து கணக்கெடுத்தார். எந்த ஊரில் எத்தனை வீடு, எத்தனை ஏரி, விளைச்சலில் யாருக்கு எவ்வளவு மானியம் என்றெல்லாம் அதில் பதிவாயின. அடுத்து வந்த கேள்வி கடினமானது: நிலம் யாருடையது? வேளாளரும் பிராமணருமான ஊர்ப்பெருமக்கள் 'மிராசு' என்றனர். மிராசு என்பது அரபு மூலமுடைய சொல். மரபுவழிச் சொத்து என்பது பொருள். தமிழில் அதற்குக் காணியாட்சி என்று பெயர். ஆதொண்டைச் சோழன் காட்டைத் திருத்தி வேளாளரைக் குடியேற்றிக் கொடுத்த காணி இது என்பது அவர்கள் கூறிய வரலாறு. கலெக்டர் லயனல் பிளேசு 1799ஆம் ஆண்டு அறிக்கையில் இவ்வுரிமையின் தொன்மையை விரிவாக எழுதினார். எல்லிஸ் 1818இல் அச்சான தமது மிராசு நூலில் கல்வெட்டையும் செப்பேட்டையும் பழந்தமிழ் நூல்களையும் சான்றாக நிறுத்தினார். தாமஸ் மன்றோ 1824இல் எழுதிய குறிப்பிலோ, ஆதொண்டைக் கதையை நம்ப மறுத்தார். தமிழ் இலக்கியம் வருவாய்த்துறையின் மேசைக்கு இப்படித்தான் வந்து சேர்ந்தது. திராவிட மொழிக் குடும்பத்தை 1816லேயே எடுத்துக்காட்டிய எல்லிஸை மொழியறிஞராக மட்டும் நினைவுகூர்வது நம் வழக்கம். அவர் கற்ற தமிழில் ஒரு பகுதி நிலவரிக்காகக் கற்றது என்பதையும் மறவாதிருத்தல் நன்று.

இவ்வாதத்தில் ஒரு சாராருக்கு வாய் இல்லை. ஏரோட்டியோரும் நடவு நட்டோரும் அதே ஊர்களில் அதே தலைமுறைகளாய் இருந்தவர்கள்தாம். ஆனால் அவர்களது பழமை பழமையாகக் கொள்ளப்படவில்லை. 1891இல் செங்கற்பட்டு மாவட்ட ஆட்சியராயிருந்த டிரெமென்ஹீர், அம்மாவட்டத்துப் பறையர் நிலைபற்றி அரசுக்கு ஒரு குறிப்பு எழுதினார். தரிசு நிலம் கேட்டு அவர்கள் மனுப்போட்டால் மிராசுதார்களின் முன்னுரிமை குறுக்கே நிற்பதை அதில் அவர் எடுத்துரைத்தார். அடுத்த ஆண்டு, 1892இல், தாழ்த்தப்பட்டோருக்கு நிலம் ஒதுக்கும் ஆணை பிறந்தது. பஞ்சமி நிலம் என்று நாம் சொல்வதன் தொடக்கம் அது.

அதே ஆண்டுகளில் ஒடுக்கப்பட்டோர் தாமும் கடந்தகாலத்தைக் கையிலெடுத்தனர் என்பது இக்கட்டுரைக்கு மிகவும் வேண்டிய செய்தி. அயோத்திதாசப் பண்டிதர் 1891இல் திராவிட மகாஜன சபையை அமைத்தார். 1907இல் 'ஒரு பைசாத் தமிழன்' இதழைத் தொடங்கினார். தம் மக்கள் பூர்வ பௌத்தர். இழிபெயர் பின்னால் சுமத்தப்பட்டது என்பது அவரது வாதம். அவர் எழுதிய நூலின் பெயரே 'ஆதிவேதம்'. செங்கற்பட்டுச் சீமையின் கோழியாளத்தில் பிறந்த இரட்டைமலை சீனிவாசன் வேறு வழி சென்றார். 1893இல் தொடங்கிய தமது இதழுக்குப் 'பறையன்' என்றே பெயர் வைத்தார். இருக்கும் பெயரை நிமிர்த்துவதா, இருந்த பெயரை மீட்பதா என்பதில் இருவருக்கும் ஒத்துப்போகவில்லை. இறுதியில் அரசேட்டில் ஏறியது மீட்கப்பட்ட காலம்: எம்.சி. ராஜா சட்டமன்றத்தில் கொணர்ந்த தீர்மானத்தின் பயனாக 1922இல் 'ஆதிதிராவிடர்' என்னும் பெயர் ஏற்கப்பட்டது. பெருமாளின் திருநாமத்தில் இருந்த அதே 'ஆதி' சேரியின் பெயரிலும் வந்து நின்றது. 'யோர்' ஒருநாளும் செய்ய முடியாத வேலை இது.

இனி நம் காலத்துக்கு வருவோம். 1996இல் இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் ஆலைக்கு அடிக்கல் நாட்டப்பட்டது. 2010இல் ஒரகடத்தில் ரெனோ-நிசான் ஆலை வந்தது. தொடர்ந்து டைம்லர், ராயல் என்ஃபீல்டு. சிப்காட் பூங்காக்களுக்காக ஏரிப்பாசன ஊர்களின் நிலம் கைமாறியது. கைமாறும்போதெல்லாம் பத்திரத்தில் தவறாது ஏறிய சொல் 'பூர்வீகம்'. 'எனக்குப் பூர்வீகமாய்ப் பாத்தியப்பட்டு' என்று தொடங்கி, வாங்குகிறவர் 'புத்திர பௌத்திர பாரம்பரியமாய் ஆண்டு அனுபவித்து' வருவதில் முடியும் நடை அது. இந்த 'ஆண்டு' வருடமன்று. ஆளுதல் என்னும் வினையிலிருந்து வந்த எச்சம். ஆங்கிலேயன் ஆண்டிலிருந்து பழமையை எடுத்தான். நம் பத்திர எழுத்தரோ ஆள்வதிலிருந்து எடுக்கிறார். வடசொல் மலிந்த அந்நடையைத் தமிழன்பர் பலர் பழிப்பர். பழிக்கலாம், ஆனால் நிலம் போகிறவர் கையில் கடைசியாக இருக்கும் சொற்கள் அவை.

பூர்வம் எவ்வளவு பழையதாயிருக்க வேண்டும்? 1872ஆம் ஆண்டின் சாட்சியச் சட்டம், 30 ஆண்டு கடந்த ஆவணம் முறையான காப்பிலிருந்து வருமாயின் அதனை மெய்யென நீதிமன்றம் கருதிக்கொள்ளலாம் என்றது. 2024இல் நடைமுறைக்கு வந்த புதிய சட்டமும் அந்த 30ஐ மாற்றவில்லை. நம் வட்டத்துக்கு ஆகியிருப்பது பத்து. இந்த முப்பதாண்டுக்குள் இவ்வட்டாரத்தின் முகவரி பலமுறை பழசாகிவிட்டது என்பதையும் பத்திரம் புரட்டுவோர் அறிவர். 1997இல் செங்கை எம்.ஜி.ஆர். மாவட்டம் பிரிந்து காஞ்சிபுரம், திருவள்ளூர் மாவட்டங்கள் ஆயின. 2019இல் காஞ்சிபுரத்திலிருந்து செங்கல்பட்டு தனியே பிரிந்தது. 'முன்னாள் செங்கற்பட்டு ஜில்லா' என்று எழுதாமல் பழைய பத்திரத்தையும் புதிய பட்டாவையும் ஒன்றாய்க் கட்ட இயலாது.

'முன்னாள்' என்பது பதவிக்கும் நிறுவனத்துக்கும் உரிய சொல். செய்தித்தாள்கள் சில காலம் 'மாஜி' என்றும் எழுதின. அரபு இலக்கணத்தில் இறந்தகால வினைக்குப் பெயரான சொல் வடநாட்டு மொழிகள் வழியே வந்து நம் மந்திரிமார் பெயருக்குமுன் அமர்ந்தது. 1991 மே 21 அன்று இராஜீவ் காந்தி திருப்பெரும்புதூரில் கொல்லப்பட்டபோது அவர் முன்னாள் பிரதமர். 2006இல் இங்கு உற்பத்தியைத் தொடங்கிய நோக்கியா கைபேசி ஆலை 2014 நவம்பர் முதல் நாளில் ஓய்ந்தது. எட்டே ஆண்டுகளில் ஓர் ஆலையும் அதன் ஆயிரக்கணக்கான தொழிலாளரும் 'முன்னாள்' ஆயினர். அவர்களுள் பலர் பெண்கள். கைக்குச் சேர்ந்ததில் ஒன்று, முன்பு சொன்ன அந்தப் 'பண்டு'.

நிலமற்ற உழவரின் கடந்தகாலத்துக்கும் சட்டம் அண்மையில் ஓர் அளவு வகுத்திருக்கிறது. 2013ஆம் ஆண்டின் நிலமெடுப்புச் சட்டம், நிலவுடைமையாளரை மட்டுமன்றிக் கூலி உழவரையும் குத்தகைதாரரையும் பாதிக்கப்பட்ட குடும்பமாகக் கொள்கிறது. நிலமெடுப்புக்கு முந்தைய மூன்றாண்டுகள் அவர்கள் அப்பகுதியில் உழைத்து, அதையே முதன்மைப் பிழைப்பாகக் கொண்டிருத்தல் வேண்டும். மிராசுதாரருக்கு ஆதொண்டைச் சோழன்வரை செல்ல இடமிருந்தது. நாற்று நட்டவருக்கு மூன்றாண்டு. அதனையும் மெய்ப்பிக்கப் பத்திரம் இல்லை, ஊரார் வாய்மொழியே உண்டு. ஆலையின் சுற்றுச்சுவருக்கு உள்ளே போய்விட்ட நடவு வயலின் பெயரை அவ்வூரார் இன்னும் சொல்கிறார்கள்.