ஹோமர் சிம்ப்சனின் அரை நொடி

2025 ஜனவரி 24-ஆம் தேதி ஸ்ப்ரிங்ஃபீல்ட் என்கிற ஊரை மொத்தமா சுவிட்ச் ஆஃப் பண்ணிட்டாங்க. குண்டு போடல, வெள்ளம் வரல. எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் கம்பெனி சர்வரை நிறுத்திடுச்சு, அவ்வளவுதான். 'த சிம்ப்சன்ஸ்: டேப்ட் அவுட்' என்கிற மொபைல் கேம், 2012-ல ஆரம்பிச்சு கிட்டத்தட்ட பதிமூணு வருஷம் ஓடினது, அன்னையோட சரி.

அதுல கைக்காசைக் கொட்டி டோனட் வாங்கினவங்க (அந்த ஊர்ல டோனட்தான் கரன்சி) புலம்பின புலம்பல் தனிக்கதை. நான் எழுத உட்கார்ந்தது அந்த கேம்ல இருந்த ஒரு சின்னச் சத்தத்தைப் பத்தி. ஹோமர் சிம்ப்சன் சொதப்பும்போதெல்லாம் தொண்டையிலிருந்து வருமே ஒரு "டோ!", அதேதான். அரை நொடிகூட இருக்காது. ஆனா அதுக்குப் பின்னாடி தொண்ணூறு வருஷக் கதை இருக்கு.

முதல்ல கேம் என்னன்னு சுருக்கமா. ஹோமர் அணுமின் நிலையத்துல வேலை பார்க்கிற ஆள். டூட்டி நேரத்துல 'மைபேட்'ல குட்டிச்சாத்தான் கேம் ஆடிக்கிட்டே இருந்து, நிலையத்தை வெடிக்க விட்டுடுவார். ஊரே காலி. ஆபீஸ்ல ஆணி புடுங்காம போனை நோண்டுற நம்மளைத்தான் கிண்டல் பண்றாங்கன்னு புரியும்போது நாமளே மூணு வீடு கட்டி முடிச்சிருப்போம் :-) ஊரைத் திரும்பக் கட்டணும், ஆட்களை ஒவ்வொருத்தரா வரவைக்கணும், வேலை கொடுக்கணும், மணிக்கணக்கா காத்திருக்கணும். வசனம் சிரிக்கிற மாதிரி இருக்கும், ஏன்னா சீரியலுக்கு எழுதுறவங்களே இதுக்கும் எழுதினாங்க. ஆனா அந்த வசனம் எல்லாம் எழுத்துதான். நாமதான் படிச்சுக்கணும். குரல்னு வந்தது துண்டு துண்டா: ஒரு ஆளைத் தட்டினா ஒரு முனகல், ஒரு சிரிப்பு, அரை வாக்கியம்.

ஏன் துண்டு? பொட்டி தட்டுறவங்களுக்கு இதுக்கான பதில் தானா வரும். இடம் பத்தாது.

கொஞ்சம் பின்னாடி போவோம். ஐபோனுக்கு முன்னாடி ஜாவா போன் காலத்துல, நோக்கியாவோட ஆரம்ப கால சீரிஸ் 40 போன்களில் ஒரு கேம் மொத்தமே 64 கேபிக்குள்ள அடங்கணும். படம், கோடு, சத்தம், எல்லாம் சேர்த்து. போன்ல பேசுற குரலுக்குன்னு இருந்த ஏ.எம்.ஆர் ஃபார்மேட்டை நல்ல தரத்துல எடுத்தா நொடிக்கு 12.2 கிலோபிட், அதாவது சுமார் ஒன்றரை கேபி. கணக்குப் போட்டுப் பாருங்க. படமே இல்லாம, கோடே இல்லாம வெறும் குரலை மட்டும் அடைச்சாலும் நாற்பத்துச் சொச்சம் நொடிதான் தேறும். அதனாலதான் அந்தக் காலத்து கேம்ல கார்ட்டூன் பாத்திரம் எல்லாம் ஊமையா ஓடும், பின்னாடி 'டிங் டிங்'னு மிடி இசை மட்டும் கேட்கும்.

இதுல வேடிக்கை என்னன்னா, அதுக்கு ரொம்ப முன்னாடியே, 1991-ல, கோனாமி கம்பெனி ஆர்கேடுக்கு ஒரு சிம்ப்சன்ஸ் கேம் போட்டது. ஹோமர் கையால குத்துவார், மார்ஜ் வேக்குவம் கிளீனரால அடிப்பாங்க, பார்ட்டுக்கு ஸ்கேட்போர்டு, லிசாவுக்கு ஸ்கிப்பிங் கயிறு. அதுல சீரியல் நடிகர்களோட குரலே இருந்தது. ஆள் உயரப் பெட்டிக்குள்ள அத்தனை சிப் வைக்க இடம் இருந்தது, பாக்கெட்ல போற போன்ல இல்ல.

2008 ஜூலையில ஆப் ஸ்டோர் வந்தப்ப நிலைமை மாறிச்சு, ஆனா முழுசா இல்ல. செல்போன் நெட்வொர்க்ல இறக்குற ஆப் 10 எம்பிக்கு மேல இருக்கக் கூடாதுன்னு ஆப்பிள் கட்டுப்பாடு. 2010-ல 20, 2012 மார்ச்சில் 50, 2013-ல 100-னு ஏறினது. டேப்ட் அவுட் அந்த 2012-லதான் வந்தது. வந்த வேகத்துல கூட்டம் தாங்காம சர்வர் படுத்து, கடையிலிருந்தே தூக்கிட்டு, ஆகஸ்ட்லதான் திரும்ப வந்தாங்க. ஆண்ட்ராய்டுக்கு 2013 பிப்ரவரி. மாசத்துக்கு மாசம் புது ஆள், புது கட்டடம்னு ஏத்திக்கிட்டே போற கேம்ல ஒவ்வொரு ஆளுக்கும் பக்கம் பக்கமா குரல் பதிவு பண்ணி ஏத்த முடியுமா? அதான் துண்டு.

துண்டாக்கினா ஒண்ணு நடக்கும். சீரியல்ல 22 நிமிஷக் கதைக்குள்ள அந்த "டோ!" ஒரு தடவை வரும். முன்னாடி ஒரு பேராசை, நடுவுல ஒரு சொதப்பல், அப்புறம் அந்தச் சத்தம். கேம்ல முன்னாடியும் கிடையாது பின்னாடியும் கிடையாது. தட்டினா சத்தம். நூறு தடவை தட்டினா நூறு தடவை. கதை உதிர்ந்து போய் சத்தம் மட்டும் நிற்கும்.

அந்தச் சத்தம் எங்கிருந்து வந்தது? 1987-ல ட்ரேசி உல்மன் ஷோன்னு ஒரு காமெடி நிகழ்ச்சி. இடையிடையே ஓட்ட மேட் க்ரோனிங் சின்னச் சின்ன கார்ட்டூன் செஞ்சு கொடுத்தார். குரலுக்குத் தனியா ஆள் பிடிக்காம, அந்த ஷோவிலேயே நடிச்சிக்கிட்டிருந்த டான் காஸ்டெல்லனெட்டாவையும் ஜூலி காவ்னரையும் பேச வச்சாங்க. அவங்கதான் ஹோமர், மார்ஜ். காஸ்டெல்லனெட்டா முதல்ல வால்டர் மத்தாவ் என்கிற நடிகரோட குரலை ஒட்டிப் பேசினார். மணிக்கணக்கா ரெக்கார்டிங் போனா அந்தக் குரல் தாங்கல. அப்புறம் கொஞ்சம் கொஞ்சமா, தாடையை நெஞ்சுல அமுக்கிப் பேசுற இப்போதைய குரலுக்கு வந்தார்.

ஸ்கிரிப்டுல "டோ"ன்னு எழுதலை. அடைப்புக்குறிக்குள்ள 'எரிச்சலான முனகல்'னு மட்டும் போட்டிருந்தாங்க. இது என்னய்யான்னு கேட்டதுக்கு, உங்களுக்குத் தோணினதைச் செய்ங்கன்னுட்டார் க்ரோனிங். காஸ்டெல்லனெட்டாவுக்குத் தோணினது ஜேம்ஸ் ஃபின்லேசன். லாரல்-ஹார்டி படங்களில் வழுக்கைத் தலை, ஒட்டு மீசை, ஒரு கண்ணை இடுக்கி முறைப்பாரே, அந்த ஸ்காட்லாந்துக்காரர். சென்சார் காலத்துல கெட்ட வார்த்தை சொல்ல முடியாததால பாதியில முழுங்கி "டோ...ஓஓஓ"ன்னு இழுப்பார். இவரும் அப்படியே இழுக்க, கார்ட்டூனுக்கு அவ்வளவு நேரம் கிடையாது, சுருக்குங்கன்னார் க்ரோனிங். சுருக்கினார். நம்ம வடிவேலுவோட 'அவ்வ்வ்'வை யாராவது அரை நொடிக்கு வெட்டச் சொல்லியிருந்தா என்ன ஆகியிருக்கும்னு நினைச்சுப் பார்த்தேன், மனசே வரல!

2001-ல அந்த முனகல் ஆக்ஸ்ஃபோர்டு ஆங்கில அகராதியில ஏறிடுச்சு. ஆனா சீரியல் ஸ்கிரிப்டுல அது இன்னும் 'எரிச்சலான முனகல்'தான். எபிசோட் தலைப்புலகூட அப்படியே வச்சு விளையாடியிருக்காங்க. அமெரிக்காவுல ஃபாக்ஸ் கம்பெனி அந்த ஒலியை டிரேட்மார்க்காவும் பதிவு பண்ணி வச்சிருக்கு. கவனிங்க, ஃபின்லேசன் 1953-லயே செத்துப் போயாச்சு. அவர் முழுங்கின கெட்ட வார்த்தை காஸ்டெல்லனெட்டா தொண்டை வழியா வந்து ஒரு கம்பெனியோட சொத்தா ஆயிடுச்சு.

இந்தச் சொத்து விவகாரம் சும்மா பேச்சுக்கு இல்ல. 1998 வரைக்கும் ஆறு முக்கிய குரல் நடிகர்களுக்கும் எபிசோடுக்கு 30,000 டாலர்னு பத்திரிகைகளில் வந்தது. அதிகம் கேட்டப்ப ஃபாக்ஸ் என்ன சொன்னது தெரியுமா? வேற ஆளை வச்சுப் பேசிக்கிறோம். மாற்று ஆட்களைத் தேடுற வேலைகூட ஆரம்பிச்சாங்க. கடைசியில 1,25,000-க்கு ஒத்துக்கிட்டாங்க. 2004-ல திரும்ப ஒரு மல்லுக்கட்டு, ஸ்கிரிப்ட் வாசிக்கவே நடிகர்கள் போகலை. 2011-ல நேர் எதிரா, சம்பளத்தைக் குறைச்சாத்தான் சீரியல் ஓடும்னு கம்பெனி சொல்ல, இவங்க குறைச்சுக்கிட்டாங்க. 2015-ல ஹாரி ஷியரர் விலகுறேன்னு சொன்னதும், அவர் பேசின பாத்திரங்களுக்கு வேற குரல் போடுவோம்னு தயாரிப்பாளர் அறிவிச்சார். ரெண்டு மாசத்துல ஷியரர் திரும்பி வந்துட்டார்னு வைங்க. ஆனா ஒவ்வொரு தடவையும் பேச்சுவார்த்தை மேஜையில இருந்தது ஒரே கேள்விதான்: குரல் பாத்திரத்தோடதா, பேசுற ஆளோடதா?

இதுக்கு ரெண்டு விதமாவும் பதில் சொல்லியிருக்காங்க என்பதையும் சொல்லணும். 1998-ல ஃபில் ஹார்ட்மன் கொலையானப்ப அவர் பேசின ட்ராய் மெக்ளூரும் லயனல் ஹட்ஸும் அத்தோட ஓய்வு. 2013-ல மார்சியா வாலஸ் இறந்தப்ப டீச்சர் எட்னாவுக்கு வேற குரல் தேடலை. 2021-ல ஒரு எபிசோடுக்கு எட்னா தேவைப்பட்டப்ப அந்தம்மாவோட பழைய ஒலிப்பதிவுகளையே எடுத்துப் போட்டாங்க. சம்பளம் பேசும்போது காட்டாத மரியாதையைச் சாவுல காட்டினாங்கன்னு எனக்குத் தோணும்.

இப்ப நம்மாளு விஷயம். டேப்ட் அவுட்ல க்விக்-இ-மார்ட் கடையைக் கட்டினா அபு வருவார். ஆரம்ப லெவல்லயே கட்டுற கடை. சத்யஜித் ராய் படத்துப் பையன் பேரை வச்ச இந்தியக் கடைக்காரர். பேசினவர் ஹாங்க் அசாரியா, நியூயார்க்கில் பிறந்த வெள்ளைக்காரர். 'தி பார்ட்டி' (1968) படத்துல பீட்டர் செல்லர்ஸ் முகத்துல மை பூசிக்கிட்டு இந்தியரா நடிச்சாரே, அந்தப் பேச்சுதான் தனக்கு முன்மாதிரின்னு அசாரியாவே சொல்லியிருக்கார். அதாவது, இந்தியர் மாதிரி நடிச்ச ஆளை மாதிரி நடிச்ச ஆள். நகலோட நகல்.

நேர்மையாச் சொன்னா, சீரியல்ல அபு மோசமான பாத்திரம் இல்ல. பிஎச்டி முடிச்சவர், கடுமையா உழைக்கிறவர், அந்த ஊர்லயே கொஞ்சம் உருப்படியான மனுஷன். ஆனா அதெல்லாம் கதை. கதையை உருவிட்டா மிஞ்சுறது அந்த இழுவை உச்சரிப்பு மட்டும்தான். அமெரிக்காவுல வளர்ந்த இந்தியப் பசங்களை ஸ்கூல்ல ஓட்டினதும் அதை வச்சுத்தான். ஹரி கொண்டபோலு 2017-ல 'அபுவின் பிரச்சினை'ன்னு ஆவணப்படமே எடுத்தார். 2020 ஜனவரியில் இனி அபுவுக்குப் பேச மாட்டேன்னு அசாரியா சொல்லிட்டார். 2021-ல ஒரு பாட்காஸ்டுல மன்னிப்புக் கேட்டப்ப ஒரு விஷயம் சொன்னார். மகனோட பள்ளிக்கூடத்துல பதினேழு வயசு இந்தியப் பையன் ஒருத்தனைச் சந்திச்சாராம். அந்தப் பையன் சிம்ப்சன்ஸ் ஒரு தடவைகூடப் பார்த்ததில்லை. ஆனா அபுன்னா என்ன அர்த்தம்னு அவனுக்கு நல்லாத் தெரியுமாம்.

டிவியில ஒரு குரலை நிறுத்துறது சுலபம். அடுத்த எபிசோட்ல பேசாம நின்னா முடிஞ்சது. அபுவும் அப்படித்தான் கூட்டத்தோட கூட்டமா நிற்கிறார். கேம்ல அப்படி இல்ல. அந்தக் குரல் ஏற்கெனவே லட்சக்கணக்கான போன்ல ஒரு ஃபைலா உட்கார்ந்திருக்கும்.

சர்வர் நின்ன அடுத்த மாசம், 2025 பிப்ரவரியில, இதே அசாரியா நியூயார்க் டைம்ஸ்ல ஒரு கட்டுரை எழுதினார். நூத்துக்கும் மேற்பட்ட குரல்களில் பேசியாச்சு, அத்தனை வருஷப் பதிவும் கிடக்குது, ஏஐ அதைக் கத்துக்கிட்டு தன்னை மாதிரியே பேசிடுமோன்னு கவலை. பேச்சு தொண்டையில மட்டும் இருந்து வர்றதில்ல, உடம்பு பூரா வேலை செய்யுதுன்னு விளக்கியிருந்தார். அந்த நேரத்துல அமெரிக்க நடிகர் சங்கம் கேம் கம்பெனிகளுக்கு எதிரா வேலைநிறுத்தத்துல இருந்தது. 2024 ஜூலையில தொடங்கினது, 2025 ஜூலையில ஒப்பந்தத்துக்கு ஓட்டுப் போட்டு முடிஞ்சது. முக்கியச் சண்டை ஏஐ குரல் பத்திதான். நடுவுல, மே மாசம், ஃபோர்ட்நைட் கேம்ல டார்த் வேடர் ஆடுறவங்ககிட்டயே பதிலுக்குப் பதில் பேச ஆரம்பிச்சார். முந்தின செப்டம்பர்ல இறந்து போன ஜேம்ஸ் எர்ல் ஜோன்ஸோட குரல், குடும்பத்தோட சம்மதத்தோட ஏஐ பேசினது. முதல் நாளே பசங்க அதைக் கெட்ட வார்த்தை பேச வச்சுட்டாங்க, கம்பெனி ஓடிப் போய்த் திருத்தினது. நடிகர் சங்கம் அதுக்கும் ஒரு புகார் கொடுத்தது. ஃபின்லேசன் கெட்ட வார்த்தையை முழுங்கினார், அந்தக் குரலுக்கு அது தெரியல.

டேப்ட் அவுட் கதைக்கு ஒரு வால் உண்டு. கேம் மூடின பிறகு சில ரசிகர்கள் சும்மா இருக்காம, அந்த ஆப் எந்தக் கேள்வி கேட்குது, சர்வர் என்ன பதில் சொல்லணும்னு ஆராய்ஞ்சு சொந்தமா சர்வர் எழுதிட்டாங்க. ஊர், கட்டடம், டோனட் கணக்கு எல்லாத்துக்கும் அவங்க மெனக்கெட வேண்டியிருந்தது. ஹோமர் குரலுக்கு மட்டும் ஒண்ணும் எழுத வேண்டி வரல. அது முதல்லேர்ந்தே ஆடினவங்க போன்லதான் இருந்தது.